இரியோமோத்தே தீவில் அருவிக்கு நடந்து போக வழிகாட்டி அவசியமா?

கேள்வி: காரைக்குடிப் பக்கத்திலிருந்து குடும்பத்துடன் ஜப்பானின் இரியோமோத்தே தீவுக்குச் செல்ல நினைக்கிறோம். அங்கே காட்டுக்குள் நடந்து அருவிகளைப் பார்க்க வழிகாட்டி கட்டாயம் வேண்டுமா, நாங்களாகவே போய்வர முடியாதா? அறுபதைக் கடந்த பெற்றோரால் நடக்க இயலுமா? எந்த மாதம் நல்லது?

வழிகாட்டியுடனேயே செல்லுங்கள். செலவைக் குறைக்க வேண்டுமென்றால் தங்கும் விடுதியில் குறையுங்கள், வழிகாட்டியில் குறைக்க வேண்டாம். நான் தேவகோட்டையைச் சேர்ந்தவள். எங்கள் மகன் ஒசாகாவில் பணியில் இருப்பதால் அவனுடன் நானும் என் கணவரும் அத்தீவுக்குச் சென்று, பினாய்சாரா அருவியின் அடிவாரம் வரை வழிகாட்டி ஒருவருடன் நடந்து வந்தோம். அந்த அனுபவத்தையும், போவதற்கு முன்னும் பின்னும் படித்துத் தெரிந்துகொண்டதையும் வைத்தே இதை எழுதுகிறேன்.

முதலில் இடத்தைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். இரியோமோத்தே ஒக்கினாவா மாகாணத்தின் இரண்டாவது பெரிய தீவு. பரப்பு ஏறத்தாழ 289 சதுர கிலோமீட்டர். அதில் பத்தில் ஒன்பது பங்கு காடுதான். கடகரேகைக்குச் சற்று வடக்கே, துணைவெப்பமண்டலத்தில் இருப்பதால் ஆண்டுக்கு 2,000 மில்லிமீட்டருக்கு மேல் மழை பெய்கிறது. நம் சிவகங்கைச் சீமையில் பெய்வது அதில் பாதிகூட இல்லை. ஓட்டுக் கூரையில் விழும் மழையை முற்றத்தில் இறக்கிக் கொப்பரையில் பிடித்து, ஊரில் ஓடுவதையெல்லாம் ஊருணிக்குத் திருப்பி வாழ்ந்தவர்கள் நாம். வானத்திலிருந்து விழும் தண்ணீர் நமக்கு எப்போதுமே வரவு. அத்தீவின் காட்டிலோ அதே மழை அரை மணி நேரத்தில் ஆபத்தாக மாறக்கூடும் என்பதை நம் பக்கத்து மனிதர் எளிதில் உணர்வதில்லை. வழிகாட்டி வேண்டும் என்று நான் வற்புறுத்துவதற்கு இதுவே முதற்காரணம்.

அங்குள்ள ஆறுகள் குறுகியவை, மலைகளோ செங்குத்தானவை. மலை உச்சியில் பெய்யும் மழை, கீழே வெயில் காய்ந்துகொண்டிருக்கும்போதே, வெள்ளமாக இறங்கி வந்துவிடும். நாம் சாரல் காலத்தில் குற்றாலம் போகிறவர்கள். தண்ணீர் கூடினால் காவலர்கள் தடுத்து நிறுத்துவார்கள் என்ற நம்பிக்கையில் அருவிக்குள் நிற்கிறோம். அப்படி ஆட்கள் இருக்கும் இடத்திலேயே, 2024 மே மாதம் பழைய குற்றாலத்தில் திடீரென வந்த வெள்ளம் ஒரு சிறுவனின் உயிரைக் கொண்டுபோனது. இரியோமோத்தேயின் காட்டருவிகளில் தடுப்புக் கம்பியும் இல்லை, காவலர்களும் இல்லை. தண்ணீரைப் பார்த்து முடிவெடுக்கக் கூடவே நிற்பவர் வழிகாட்டி மட்டும்தான்.

எங்கள் வழிகாட்டி அருவியின் கீழுள்ள தேக்கத்தை அடைந்ததும் முதலில் செய்தது, நீர்விளிம்பில் இருந்த ஒரு பாறையைச் சுட்டிக்காட்டி, அதில் ஈரம் எந்தக் கோடு வரை இருக்கிறது என்பதை எங்கள் எல்லோரையும் பார்த்து வைத்துக்கொள்ளச் சொன்னதுதான். தெளிந்த நீர் கலங்கத் தொடங்கினாலோ, சருகும் சுள்ளியும் திடீரென மிதந்து வந்தாலோ, அருவியின் ஓசை கனத்தாலோ, யாரையும் கேட்டுக்கொண்டிராமல் மேட்டுக்கு ஏறிவிட வேண்டும் என்று அவர் சொன்னதை மகன் தமிழில் திரும்பச் சொன்னான். அருவியின் உச்சிக்கும் ஏறுவதாகத்தான் திட்டம் இருந்தது. ஆனால் மலைமேல் மேகம் கூடுவதைப் பார்த்ததும், சாப்பாட்டை முன்கூட்டியே முடித்துக்கொண்டு திரும்பிவிடலாம் என்று அவர் முடிவு செய்தார். எங்களுடன் வந்த இளைஞர்கள் சிலருக்கு அதில் வருத்தம் இருந்தது. எனக்கோ, அவரை நம்பி எங்கும் போகலாம் என்ற உறுதி அந்த ஒரு முடிவிலிருந்து பிறந்தது. பணம் வாங்கிக்கொண்ட பிறகும் வேண்டாம் என்று சொல்லத் தெரிந்தவரே நல்ல வழிகாட்டி என்பது என் எண்ணம்.

இரண்டாவது காரணம் சட்டம் சார்ந்தது. தீவின் நிர்வாகம் தக்கெத்தோமி நகரத்திடம் இருக்கிறது. வழிகாட்டிகளுக்கு அந்நகரம் 2020 முதல் உரிமம் வழங்கி வருகிறது. 2021-இல் அமாமி ஓஷிமா, தொக்குனோஷிமா, ஒக்கினாவாவின் வடபகுதி ஆகியவற்றுடன் சேர்த்து இரியோமோத்தேவும் யுனெஸ்கோவின் உலக இயற்கை மரபிடமாக அறிவிக்கப்பட்டது. கூட்டம் பெருகும் என்று அஞ்சி, 2025 மார்ச் முதல் ஐந்து இடங்களில் ஒரு நாளைக்கு இத்தனை பேர் என்று வரையறுத்திருக்கிறார்கள். பினாய்சாரா அருவி இருக்கும் ஹினாய் ஆற்றுப் பகுதிக்கு நாளொன்றுக்கு 200 பேர். சங்காரா அருவி இருக்கும் நிஷிதா ஆற்றுப் பகுதிக்கு 100 பேர். அதற்கான ஒப்புதலை வழிகாட்டி நிறுவனங்கள் முன்பதிவின்போதே பெற்றுத் தருவதால் நாம் அலைய வேண்டியதில்லை. பதிவு செய்யுமுன் மூன்றைக் கேட்டுக்கொள்ளுங்கள்: நகரத்தின் உரிமம் இருக்கிறதா, ஒரு வழிகாட்டிக்கு எத்தனை பேர், மழை வந்தால் திட்டத்தை எப்படி மாற்றுவார்கள். முழுநாள் பயணத்துக்குத் தலைக்குப் பத்தாயிரம் யென்னுக்கு மேல் ஆகும் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இனி, நடை எப்படியிருக்கும் என்பதற்கு வருகிறேன். பினாய்சாராவுக்குப் போகும் வழியின் முதற்பாதி நடையே அன்று, துடுப்புப் போடுவது. கயாக் படகில் அலையாத்திக் காட்டுக்கு நடுவே ஆற்றில் போக வேண்டும். புறப்படும் நேரத்தை நாம் முடிவு செய்ய முடியாது, கடல்தான் முடிவு செய்கிறது. ஏற்றத்தின்போது தண்ணீர் வேர்களை மூடி நிற்கும், வற்றத்தின்போது படகு சேற்றில் தட்டும். தொண்டிக்கு அருகே காரங்காட்டில் வனத்துறையினர் நடத்தும் படகுப் பயணத்தில் போய்வந்தவர்களுக்கு இது ஓரளவு பழக்கமான காட்சியாக இருக்கும். அதனால் கிளம்புமுன் ஒரு முறை காரங்காடு போய் வாருங்கள் என்பேன். தண்ணீருக்கு மிக அருகில் உட்கார்ந்திருக்கும் அச்சம் அங்கேயே தெளிந்துவிடும். காரங்காட்டில் பெரும்பாலும் நாம் பார்ப்பது, சேற்றிலிருந்து குச்சிகுச்சியாக மூச்சுவேர்களை நீட்டும் வெண்கண்டல். இரியோமோத்தேயில் ஊன்றுவேர்களால் நிற்கும் சுரபுன்னை இனமும், முழங்காலை மடக்கினாற்போல் வேர்கள் சேற்றுக்கு வெளியே தலைகாட்டும் மற்றோர் இனமும் மிகுதி. அவற்றின் விதை தாய்மரத்தில் தொங்கும்போதே முளைவிட்டு நீண்டு, பிறகு கீழே விழுகிறது என்பதை வழிகாட்டி ஒன்றைக் கையில் எடுத்து விளக்கினார்.

படகைக் கரையேற்றிக் கட்டிய பிறகு, அருவியின் அடிவாரத்துக்கு அரை மணி அளவு நடை. தைப்பூசத்துக்குப் பழனி வரை நடந்து போகும் நகரத்தார் கூட்டத்துடன் நடந்த கால்களுக்குத் தூரம் ஒரு பொருட்டில்லை; ஆனால் அந்த நடையும் இந்த நடையும் வேறு. சாலையில் கால் தானாகப் போகும், மனம் முருகனிடம் இருக்கும். இங்கே ஒவ்வோர் அடியையும் பார்த்து வைக்க வேண்டும். வேர் வழுக்கும், பாசி படிந்த பாறை அதைவிட வழுக்கும். ஈரத்தில் பிடிக்கும் அடிப்பாகம் கொண்ட காலணியை வழிகாட்டிகளே வாடகைக்குத் தருகிறார்கள். செருப்புடனோ ஓட்டப் பயிற்சிக் காலணியுடனோ போகாதீர்கள். குன்றக்குடிப் படிகளை நாள்தோறும் ஏறி இறங்குவதைவிட, பிரான்மலையின் கரடுமுரடான பாறைப் பாதையில் சில வாரம் ஏறி இறங்கிப் பழகுவதே இந்த நடைக்கு ஏற்ற பயிற்சி.

அந்தப் பாதையில் என்னை நிறுத்தி வைத்தது பலகைவேர் மரம். ஜப்பானியர் அதைச் சகிஷிமாசுவோ என்கிறார்கள். அடிமரத்திலிருந்து நாற்புறமும் மெல்லிய சுவராக வேர்கள் எழுந்து, நம் வளவு வீட்டின் தலைவாசல் கதவுகளைக் கழற்றி நிறுத்தி வைத்ததுபோல், வளைந்து நெளிந்து நிற்கின்றன. ஆழமில்லாத ஈரமண்ணில் மரம் சாயாமல் இருக்கவே இந்த ஏற்பாடு. ஒரு காலத்தில் தீவு மக்கள் இவ்வேர்ப் பலகையை வெட்டிப் படகின் சுக்கானாகப் பயன்படுத்தினார்களாம். தனியாகப் போயிருந்தால் படம் எடுத்துக்கொண்டு நகர்ந்திருப்போம். வழிகாட்டி அங்கேயே எங்களை நிற்க வைத்து, வேரை மிதிக்கக் கூடாது என்றும் விளக்கினார். மேலே வட்டமிட்ட கொண்டைப் பாம்புக் கழுகையும் அவரே காட்டினார். அதே இனம் நம் மேற்குத் தொடர்ச்சி மலையிலும் வாழ்கிறது என்று என் கணவர் சொன்னபோது அவருக்கு ஏற்பட்ட மகிழ்ச்சி எங்களையும் தொற்றிக்கொண்டது.

இத்தனை காடு எப்படித் தப்பித்தது என்று நான் கேட்டதற்குக் கிடைத்த விடை வேதனையானது. நெடுங்காலம் மலேரியா அத்தீவில் குடியேறியவர்களை வாழவிடவில்லை. 1945-இல் போரின்போது அண்டைத் தீவான ஹதெருமாவின் மக்களை ராணுவம் வலுக்கட்டாயமாக இங்கே கொண்டுவந்து இறக்கியதில் ஏராளமானோர் காய்ச்சலில் மடிந்தார்கள். 1960-களின் தொடக்கத்தில்தான் அந்நோய் ஒழிந்தது. பர்மாவுக்கும் மலேயாவுக்கும் கொண்டுவிற்கப் போய், காய்ச்சலில் விழுந்து ஊர் திரும்பாதவர்களின் பெயர்களைச் சொல்லிக் கேட்டு வளர்ந்த எனக்கு அது தொலைதூரச் செய்தியாகத் தோன்றவில்லை.

பினாய்சாரா ஏறத்தாழ 55 மீட்டர் உயரத்திலிருந்து விழுகிறது. ஒக்கினாவா மாகாணத்திலேயே உயர்ந்த அருவி அதுதான். உச்சிக்கு ஏறுபவர்கள் கீழே அலையாத்திக் காட்டையும், ஆறு கடலில் கலக்குமிடத்தையும், அப்பால் ஹதோமா தீவையும் காணலாம். அடிவாரத்தில் நிற்பவர்களுக்குக் கிடைப்பது முகத்தில் படியும் நீர்த்துளியும் குளிர்ந்த தேக்கமும். எனக்கு அதுவே போதுமானதாக இருந்தது.

உடல்நலம் பற்றி ஒன்றை அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். அப்பகுதித் தீவுகளின் ஆற்றுநீரில் எலிக்காய்ச்சல் தொற்றும் வாய்ப்பு உண்டு; காட்டுப்பன்றி, எலி ஆகியவற்றின் சிறுநீர் வழியே கிருமி நீரில் கலக்கிறது. காலில் புண் இருந்தால் நீர்புகாதபடி மூடிக்கொள்ளுங்கள், ஆற்றுநீரை விழுங்காதீர்கள். ஊர் திரும்பி இரண்டு மூன்று வாரங்களுக்குள் காய்ச்சலும் தசைவலியும் வந்தால் எந்த ஆற்றில் இறங்கினீர்கள் என்பதை மருத்துவரிடம் மறக்காமல் சொல்லுங்கள். ஹாபு என்னும் நச்சுப்பாம்பு இருப்பதால், கைவைக்கும் இடத்தைப் பார்த்த பிறகே கை வைக்க வேண்டும். காட்டுக்குள் கழிப்பறை கிடையாது. சாப்பாட்டுக்குப் பல வழிகாட்டிகள் அருவியருகே சூடாகச் சமைத்துத் தரும் யாயெயாமா சோபா என்னும் நூடுல்ஸ் உணவின் சாற்றில் பன்றிக்கறியும் மீனும் சேரும். சைவ உணவினர் முன்னதாகவே சொல்லிவிட்டுப் புளியோதரை கட்டிக்கொண்டு போகலாம். இலையோ காகிதமோ எதையும் விட்டு வரக் கூடாது.

உங்கள் பெற்றோரைப் பொறுத்தவரை, முழங்கால் வலி இல்லாவிட்டால் அடிவாரம் வரை அவர்களால் முடியும். வலி இருந்தால் உராவுச்சி ஆற்றைத் தேர்ந்தெடுங்கள். மாகாணத்தின் மிக நீளமான அந்த ஆற்றில் இயந்திரப் படகு எட்டு கிலோமீட்டர் அளவு உள்ளே கொண்டுபோய் விடும். அங்கிருந்து செப்பமான பாதையில் நடந்தால் மரியுது, கன்பிரே அருவிகளைக் காணலாம். வழிகாட்டி இல்லாமல் போகக்கூடிய பாதை அதுவே. நடக்க முடியாதவர்கள் படகிலேயே திரும்பிவிடலாம். ஆனால் கன்பிரேவுக்கு அப்பால் தீவைக் குறுக்கே கடக்கும் பாதைக்குள் நுழைந்துவிடாதீர்கள். அதற்குக் காவல் நிலையத்தில் முன்னறிவிப்புக் கொடுக்க வேண்டும், வழி தவறியவர்களும் உண்டு.

மாதம் என்றால் மார்ச் இறுதியும் ஏப்ரலும், அல்லது அக்டோபர் பிற்பகுதியும் நவம்பரும் நல்லது. மே தொடக்கம் முதல் ஜூன் பிற்பகுதி வரை அங்கே மழைக்காலம்; ஜூலை முதல் செப்டம்பர் வரை சூறாவளிகள் வரக்கூடும். ஜூன் இறுதியிலும் ஜூலையிலும் போக நேர்ந்தால் ஒரு பயன் உண்டு: நம் செங்கடம்பின் உறவுமரமான சகரிபானா இரவில் பூத்து விடியலில் ஆற்றில் உதிரும், அதைப் பார்க்க அதிகாலையிலேயே படகில் அழைத்துப் போகிறார்கள். குளிர்காலத்தில் வடகாற்று பலமாக இருப்பதால், அண்டைத் தீவான இஷிகாக்கியிலிருந்து இரியோமோத்தேயின் உயெஹாரா துறைக்குப் போகும் படகு அடிக்கடி நிறுத்தப்படும். அப்போது ஓஹாரா துறையில் இறங்கிப் பேருந்தில் வர வேண்டும். இஷிகாக்கியிலிருந்து விமானம் ஏறும் நாளுக்கு முந்தைய நாளிலேயே தீவைவிட்டுக் கிளம்பிவிடும்படி திட்டமிட்டுக்கொள்ளுங்கள்.