ரேஷன் கடை லைசென்ஸ் சஸ்பெண்ட்: நேராக ஹைகோர்ட்டுக்குப் போகலாமா?

கேள்வி: கேரளாவில், தேவிகுளம் தாலுகாவில் ரேஷன் கடை லைசென்ஸ் வைத்திருக்கிறேன். சோதனைக்கு வந்தவர்கள் 187 கிலோ அரிசி குறைகிறது என்று மகசர் (சோதனைப் பதிவு) எழுதினார்கள். மறுநாளே "மறு உத்தரவு வரும்வரை" லைசென்ஸ் சஸ்பெண்ட். கார்டுகளைப் பக்கத்துக் கடையோடு சேர்த்துவிட்டார்கள். முன்கூட்டி நோட்டீஸ் தரவில்லை, இரண்டு வாரமாக விசாரணைக்கும் கூப்பிடவில்லை. எர்ணாகுளம் ஹைகோர்ட்டில் ரிட் (அரசு உத்தரவை எதிர்த்து நேராகப் போடும் மனு) போட்டால் உடனே தடை கிடைக்கும் என்கிறார்கள். போடலாமா?

பதில்: போடலாம். ஆனால் நோட்டீஸ் தராததை மட்டும் நம்பிப் போனால் பெரும்பாலும் வெறுங்கையோடு திரும்ப வேண்டிவரும். 1980-களின் தொடக்கத்திலேயே பஞ்சாப் தானிய வியாபாரிகள் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைப் பார்த்துவிட்டது. விசாரணையை முன்னிட்டு லைசென்ஸைத் தற்காலிகமாக நிறுத்திவைக்க, முன்கூட்டி விளக்கம் கேட்டே ஆக வேண்டும் என்பதில்லை. ரத்து செய்வது வேறு; அதற்கு நோட்டீஸும் விசாரணையும் கட்டாயம்.

உங்கள் பிடி "மறு உத்தரவு வரும்வரை" என்ற அந்த வரியில்தான் இருக்கிறது. சஸ்பென்ஷன் என்பது விசாரணை முடியும்வரையிலான ஏற்பாடு. குற்றச்சாட்டு எழுதித் தராமல், விசாரணையும் தொடங்காமல், முடிவுத் தேதியும் சொல்லாமல் கடையை மூடி வைத்தால் அது சஸ்பென்ஷன் என்ற பெயரில் கொடுக்கும் தண்டனை. இப்படி எடுத்துச் சொன்னால் நீதிபதி காது கொடுப்பார்.

அப்புறம் உத்தரவை நிதானமாகப் படியுங்கள். கையெழுத்துப் போட்டவர் லைசென்ஸ் வழங்கும் அதிகாரிதானா? இன்ஸ்பெக்டர் சோதனை போடலாம், அறிக்கை தரலாம். லைசென்ஸை நிறுத்த அவருக்கு அதிகாரம் கிடையாது. அடுத்து, காரணம் எழுதப்பட்டிருக்கிறதா, அல்லது "முறைகேடு தெரியவந்ததால்" என்று ஒற்றை வரியா? உத்தரவில் இல்லாத காரணத்தைப் பின்னால் நீதிமன்றத்தில் பிரமாணப் பத்திரம் போட்டுச் சேர்க்க முடியாது. மொகிந்தர் சிங் கில் வழக்கு (1978) முதல் இதுதான் சட்டம்.

சரி, எங்கே முதலில் போவது? மத்திய அரசின் 2015-ஆம் ஆண்டு பொது விநியோகக் கட்டுப்பாட்டு ஆணைப்படி, சஸ்பென்ஷனுக்கு எதிராகவும் மேல்முறையீடு உண்டு. உத்தரவு கைக்கு வந்த நாளிலிருந்து 30 நாள். மேல்முறையீட்டு அதிகாரி கூடுமானவரை 60 நாளில் முடிக்க வேண்டும். அதுவரை உத்தரவை நிறுத்திவைக்கவும் அவருக்கு அதிகாரம் உண்டு. இப்படி ஒரு வழி இருக்கும்போது ரிட்டோடு போனால், "அங்கே ஏன் போகவில்லை?" என்பதுதான் ஹைகோர்ட்டின் முதல் கேள்வியாக இருக்கும். அதிகாரமே இல்லாதவர் போட்ட உத்தரவு, இயற்கை நீதி (நம் தரப்பைக் கேட்காமல் தண்டிக்கக் கூடாது என்ற நெறி) அப்பட்டமாக மீறப்பட்டது போன்ற விதிவிலக்குகள் உண்டு (வேர்ல்பூல் வழக்கு, 1998). உங்கள் வழக்கை அதில் அடைக்கப் பார்ப்பது சூதாட்டம். அதற்குள் 30 நாளும் ஓடிவிடும்.

நானாக இருந்தால் இந்த வாரமே மேல்முறையீட்டையும் தடை மனுவையும் சேர்த்துக் கொடுத்து, முத்திரை போட்ட ரசீது வாங்குவேன். இரண்டு மூன்று வாரத்தில் தடை மனுவைக்கூட எடுக்கவில்லையென்றால் அப்போது ரிட். "இத்தனை நாளில் முடிவெடுக்க உத்தரவிடுங்கள்" என்று கேட்டால் ஹைகோர்ட் தயங்காமல் கொடுக்கும்.

இனி அந்த 187 கிலோ. வழக்கின் உயிர் இதில்தான் இருக்கிறது, ஆனால் பலரும் இதை வக்கீல் தலையில் கட்டிவிட்டு உட்கார்ந்துவிடுகிறார்கள். மகசர் நகல் கேளுங்கள். எல்லா மூட்டையையும் நிறுத்தார்களா, நாலைந்தை நிறுத்துச் சராசரி போட்டார்களா? 50 கிலோ மூட்டையின் சணல் சாக்கே அரை கிலோவுக்கு மேல் இருக்கும். குடோனில் சாக்கோடு நிறுத்து அனுப்பி, கடையில் சாக்கைக் கழித்து நிறுத்தால் 60 மூட்டையில் 30 கிலோவுக்கு மேல் தானாகவே குறையும். சர்வர் படுத்த நாளில் கையால் எழுதிக் கொடுத்தது, வந்த லோடு கடையின் விற்பனை மெஷினில் ஏறாதது எல்லாவற்றையும் தேதிவாரியாக எடுத்து வையுங்கள். மீதிக் குறைவுக்கு விளக்கம் இல்லையென்றால் இல்லையென்றே விடுங்கள். கதை கட்டினால் மற்றதும் சேர்ந்து பொய்யாகிவிடும்.

மகசர் மலையாளத்தில் இருந்து, படித்துக் காட்டாமல் கையெழுத்து வாங்கியிருந்தால் அதை இப்போதே எழுத்தில் சொல்லுங்கள். மொழிச் சிறுபான்மைப் பகுதியில் தமிழிலேயே அரசு அலுவலகத்துக்கு எழுதவும், தமிழிலேயே பதில் பெறவும் உங்களுக்கு உரிமை இருக்கிறது. கார்டுதாரர்களிடம் வாக்குமூலம் வாங்கியிருந்தால் அதன் நகலும் கேளுங்கள். அரிசியைப் பறிமுதல் செய்திருந்தால் அது அத்தியாவசியப் பண்டங்கள் சட்டத்தின் கீழ் கலெக்டர் முன் நடக்கும் தனி வழக்கு. அதற்குத் தனியாகப் பதில் கொடுக்க வேண்டும்.

கார்டுகளைப் பக்கத்துக் கடையோடு சேர்த்ததைப் பற்றிக் கவலை வேண்டாம், அது தற்காலிகம். லைசென்ஸையே ரத்து செய்து, அந்த இடத்துக்கு முறைப்படி வேறொருவரை நியமித்துவிட்டால்தான் சிக்கல். அப்படி வந்தவரையும் வழக்கில் ஒரு தரப்பாகச் சேர்த்து அவர் சொல்வதையும் கேட்க வேண்டும் என்று 2022-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதனால் தடை மனுவில் "புதிய நியமனம் கூடாது" என்றும் ஒரு வரி கேளுங்கள்.

தமிழ்நாட்டு வாசகர்கள் இதை அப்படியே பின்பற்ற வேண்டாம். அங்கே பெரும்பாலான கடைகள் கூட்டுறவுச் சங்கத்தினுடையவை. சஸ்பெண்ட் ஆகும் விற்பனையாளர் லைசென்ஸ்தாரர் அல்ல, ஊழியர். சங்கத்துக்கு எதிராக ரிட் பொதுவாக நிலைக்காது என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 2006-ல் சொல்லியிருக்கிறது. அவர்களுக்கு வழி, கூட்டுறவுச் சங்கச் சட்டத்தின் 153-ஆம் பிரிவில் சீராய்வு மனு. சஸ்பென்ஷன் காலத்துக்கான பிழைப்பூதியத்தையும் கேட்டு வாங்க வேண்டும்: முதல் 90 நாளுக்குப் பாதிச் சம்பளம், 180 நாள் வரை முக்கால், அதற்கு மேல் முழுச் சம்பளம்.