அடுப்படிக் கேள்விகள்: அன்னாசி செய்த துரோகம்

ஆவணி முகூர்த்தம் நெருங்கிவிட்டது என்பதைக் காலண்டர் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை, எனக்கு வரும் கடிதங்களைப் பார்த்தாலே போதும். இந்தத் தடவை வந்ததில் பாதிக்கு மேல் கலர் கலராக அடுக்கி, பழம் போட்டு, துண்டு போட்டுக் கொடுக்கும் ஜெல்லி பற்றித்தான். பேர் போட வேண்டாம் என்று பலர் கேட்டிருப்பதால் ஊர் மட்டும் போடுகிறேன்.

அமெரிக்காவில் இருக்கும் பெரிய மகள் வீடியோவில் காட்டினாள். அங்கே விருந்து என்றால் ஆளுக்கொரு பண்டம் செய்துகொண்டு போவார்களாம். அதில் மூன்று நிற அடுக்கில் பழ ஜெல்லி இருந்தது, அதற்கு அங்கே சாலட் என்று பேராம். சின்ன மகளுக்குக் கட்டுச்சோறு கொண்டு போகும்போது நானும் செய்தேன். ஜெலட்டின் தூள், நல்ல அன்னாசிப் பழம், ராத்திரி முழுக்க ஃப்ரிட்ஜ். சம்பந்தி வீட்டில் மூடியைத் திறந்தால் ரசம் மாதிரி நிற்கிறது. ஒறம்பரை அத்தனை பேர் முன்னாலும் மானம் போனது. எங்கே தப்பு? — கோபிசெட்டிபாளையம்

உங்கள் கையில் தப்பில்லை, அன்னாசியில்தான். ஆட்டுக்கால் சூப்பை மார்கழி ராத்திரி மூடி வைத்துவிட்டுக் காலையில் பார்த்திருப்பீர்கள். கரண்டி நிற்கும் அளவுக்குக் கட்டியிருக்கும். ஜெலட்டின் என்பது அதுதான். மாட்டுத் தோல், பன்றித் தோல், எலும்பு இவற்றைக் காய்ச்சி எடுத்த புரதம். இனி எங்கள் அப்பத்தாவை நினைத்துக்கொள்ளுங்கள். கிடாக் கறி முத்தலாக வந்துவிட்டால் பொடக்காலிப் பப்பாளி மரத்தில் ஒரு காயைப் பறித்து, ரெண்டு துண்டு கறியோடு போடுவாள். கறி பஞ்சாக வெந்துவிடும். பப்பாளிப் பாலில் இருக்கும் பப்பைன் புரதத்தை அறுத்துப் போடுவதால் வரும் மெதுவு அது. நம் கோயமுத்தூர் வேளாண் பல்கலைக்கழகம் அந்தப் பாலை எடுப்பதற்கென்றே ஏற்ற கோ 2, கோ 5 போன்ற ரகங்களைத் தந்திருக்கிறது. அன்னாசியில் இருப்பது புரோமிலைன், கிவியில் வேறொன்று, அத்தியில் இன்னொன்று. பேர் வேறானாலும் வேலை ஒன்றே. கறியை மெதுவாக்கியது உங்கள் ஜெல்லியையும் தண்ணீராக்கிவிட்டது. ராத்திரி முழுக்க என்ன, ஒரு வாரம் ஃப்ரிட்ஜில் வைத்தாலும் உறையாது.

அன்னாசிதான் வேண்டுமென்றால் சின்னத் துண்டாக நறுக்கி, சர்க்கரைத் தண்ணீரில் நன்றாகக் கொதிக்கவிட்டு ஆறவைத்துப் போடுங்கள். சூட்டில் அந்தச் சத்து செத்துவிடும். டப்பா அன்னாசி ஏற்கெனவே வெந்ததுதான், அப்படியே போடலாம். மாதுளை, திராட்சை, ஆரஞ்சு, ஆப்பிள் எதுவும் தொந்தரவு செய்யாது.

ஆனால் என்னைக் கேட்டால், நம் ஊர் விசேஷத்துக்கு ஜெலட்டினே வேண்டாம். 35 டிகிரிக்குள்ளேயே அது உருகிவிடும். வாயில் வைத்தவுடன் கரைகிறதே, அதே காரணம்தான். அமெரிக்காவில் குளிரூட்டிய கூடத்தில் எடுத்து வைக்கிறார்கள். சித்திரையில் ஈரோடு 40ஐத் தாண்டும், ஷாமியானாவுக்குள் கேட்கவே வேண்டாம். பதினைந்து வருஷம் முன்னால் காங்கேயம் பக்கம் ஒரு புதுமனை புகுவிழாவுக்கு நானே ஜெலட்டினில் செய்து கொண்டுபோனேன். பத்து மணிக்குக் கரண்ட் போனது. பதினொன்றரைக்கு முதல் பந்தி உட்காரும்போது பச்சை, சிவப்பு, வெள்ளை மூன்றும் ஒட்டுக்காக் கலந்து அரக்கு நிறத்தில் ஒரு கூழ். "ஏனுங்க்கா, இது கம்பங்கூழுங்களா?" என்று ஒரு பொடியன் கேட்டான். அன்றோடு விட்டேன்.

கடல்பாசிக்கு மாறுங்கள். கடையில் சைனா கிராஸ் என்று கேட்டால் வெள்ளை நார் நாராகத் தருவார்கள். மண்டபம், ராமேசுவரம் பக்கத்துப் பெண்கள் கடலில் முங்கி எடுக்கும் மரிக்கொழுந்துப் பாசி, கஞ்சிப் பாசி இவற்றிலிருந்தும் இந்தச் சரக்கு எடுக்கிறார்கள். இது புரதமே இல்லை, ஆகவே அன்னாசியும் பப்பாளியும் பல்லை நீட்டினாலும் இதைக் கடிக்க முடியாது. 85 டிகிரி சூடு வந்தால்தான் திரும்ப உருகும். வெயில் இதை ஒன்றும் செய்யாது.

மைக்ரோபயாலஜி படித்த என் மகன் ஒரு கதை சொல்வான். ஜெர்மனியில் ராபர்ட் காக் ஆய்வுக்கூடத்தில் கிருமி வளர்க்க ஜெலட்டினைத்தான் வைத்துப் பார்த்தார்களாம். உடம்புச் சூட்டில் வைத்தால் உருகிவிடும், சில கிருமிகள் அதையே தின்று கரைத்துவிடும். அங்கே வேலை பார்த்த வால்டர் ஹெஸ்ஸவின் மனைவி ஃபேனி ஹெஸ்ஸ, தான் வீட்டில் ஜெல்லி செய்யப் போடும் கடல்பாசியை வைத்துப் பார்க்கச் சொன்னது 1881ல். இன்றைக்கும் ஆய்வுக்கூடத் தட்டில் இருப்பது அதுதான். அடுப்படியிலிருந்து போன யோசனை என்பதால் எனக்கு அந்தக் கதையில் கொஞ்சம் கர்வம் உண்டு.

மாமியார் சுத்த சைவம். கடையில் விற்கும் ஜெல்லி பாக்கெட்டை நம்பலாமா? — தாராபுரம்

பாக்கெட்டில் பச்சைக் குறி இருக்கிறதா, சேர்மானத்தில் ஜெலட்டின் என்று இருக்கிறதா, இரண்டையும் பார்த்து வாங்குங்கள். ஜெலட்டினில் சைவம் கிடையாது. கடல்பாசி முழுக்க சைவம். "கடல்" என்று பேரில் இருப்பதால் மாமியார் முகம் சுளித்தால், செடி மாதிரிப் பாறையில் வளர்வது என்று எடுத்துச் சொல்லுங்கள்.

கடல்பாசியில்தான் செய்கிறேன். நன்றாக உறைகிறது. ஆனால் கத்தி வைத்தால் மூன்று அடுக்கும் சீட்டுக்கட்டு மாதிரித் தனித்தனியாக வழுக்கிப் போகிறது. — பல்லடம்

இதுதான் எனக்குப் பிடித்த கேள்வி. அடுக்கு ஜெல்லியில் மற்றதெல்லாம் ஒரு நாளில் வந்துவிடும், இந்த இடம் மட்டும் கைப்பழக்கம்.

நீங்கள் கீழ் அடுக்கை முழுசாக உறையவிட்டு, ஃப்ரிட்ஜிலும் வைத்து, மேல் அடுக்கை ஆறவைத்து ஊற்றுகிறீர்கள். ஜெலட்டினுக்கு அது சரியான முறை, சூடாக ஊற்றினால் கீழே கரைந்துவிடும். கடல்பாசிக்கு நேர் எதிர். கீழ் அடுக்கு பாதி உறைந்திருக்க வேண்டும், மேலே வருவது சூடாக இருக்க வேண்டும். முதல் அடுக்கை ஊற்றிப் பத்து நிமிஷம் போனதும் விரல் நுனியால் தொடுங்கள். விரலில் பிசுபிசுவென்று ஒட்டணும், ஆனால் குழி விழக்கூடாது. ட்ரேயின் ஓரத்தைத் தட்டினால் ஓரம் அசையாமல் நடு மட்டும் தொப்பை மாதிரி ஆடணும். அந்த நேரம்தான் நேரம். அடுப்பிலிருந்து இறக்கி மூன்று நான்கு நிமிஷம் ஆன அடுத்த நிறத்தை, கரண்டியின் முதுகில் விழுந்து வழிகிற மாதிரி மெதுவாக ஊற்றுங்கள். நேரே ஊற்றினால் குழி பறிக்கும்.

போன் வந்தது, ஆள் வந்தது, கீழ் அடுக்கு கட்டியாகிவிட்டது என்றால் வெசனப்பட வேண்டாம். மேலே நிற்கும் ஈரத்தைத் துணியால் ஒற்றி எடுத்துவிட்டு, முள்கரண்டியால் லேசாகக் கீறிவிடுங்கள். நாற்று நடும் முன் சேற்றைக் கிளறுகிற மாதிரி. அதன்மேல் இன்னும் சூடாக ஊற்றினால் பிடித்துக்கொள்ளும். பாத்திரத்தில் காத்திருக்கும் கலவை கட்டிவிட்டாலும் போகட்டும், திரும்பச் சூடாக்கினால் உருகும்.

இன்னொன்று, பழத்தை இரண்டு அடுக்கும் சேரும் இடத்தில் பரப்பாதீர்கள். பழம் இருக்கும் இடத்தில் ஒட்டாது. துணியில் ஈரம் ஒற்றி, ஒரு அடுக்குக்குள் முழுசாக மூழ்கும்படி போடுங்கள். பால் அடுக்கில் பச்சை அன்னாசியும் பப்பாளியும் வேண்டாம், உறையும், ஆனால் பால் கசந்துவிடும். எலுமிச்சைச் சாற்றைக் கொதிக்கும்போது விடாமல் இறக்கிய பிறகு விடுங்கள், புளிப்போடு சேர்ந்து கொதித்தால் கடல்பாசி பலம் இழக்கும்.

மகளுக்குத் தெரட்டி சீர் வைத்திருக்கிறோம், 150 பேர் வருவார்கள். எவ்வளவு செய்வது, எப்போது செய்வது? — திருப்பூர்

30 சென்டிமீட்டர் நீளம், 20 அகலம் உள்ள ட்ரே ஐந்து எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு ட்ரேக்கு 10 கிராம் கடல்பாசி பாக்கெட் இரண்டு, நீர்ப்பொருள் ஒன்றரை லிட்டர், பழம் 300 கிராம். அரை அரை லிட்டராக மூன்று அடுக்கு. ஒரு அடுக்கு ஒரு சென்டிமீட்டர் உயரம் வரும். நீளத்தில் ஆறு, அகலத்தில் ஐந்து என்று வெட்டினால் ட்ரேக்கு 30 துண்டு. கணக்கு சரியாக 150. நம் ஊரில் பிள்ளைகள் ஒன்றோடு நிற்காது, ஆறாவது ட்ரேயும் போட்டுவிடுங்கள்.

பாசியை அரை மணி நேரம் ஊறவைத்து, அளந்த தண்ணீரில் கொஞ்சத்தை எடுத்து அதில் கொதிக்கவிடுங்கள். கரண்டியில் எடுத்துப் பார்த்தால் ஒரு நார்கூடத் தெரியக்கூடாது. அதற்குப் பத்து நிமிஷமாவது பிடிக்கும். அதன் பிறகுதான் பாலோ சாறோ சேர்க்கணும், அதுவும் வெதுவெதுப்பாக. குளிர்ந்த பாலை ஊற்றினால் அங்கங்கே திரிந்த மாதிரிக் கட்டி கட்டியாக நிற்கும்.

முதல் நாள் பொழுதோட, அதாவது சாயங்காலம், செய்தால் போதும். அதற்கு முன்னால் செய்தால் தண்ணீர் விட ஆரம்பிக்கும். சீக்கிரம் உறையட்டும் என்று ஃப்ரீசரில் மட்டும் வைத்துவிடாதீர்கள். பாசியை உறையவைத்து, உருகவிட்டு, தண்ணீரைப் பிரித்துத்தான் அந்த நாரையே செய்கிறார்கள். உங்கள் ஜெல்லியும் அந்த வழிக்கே திரும்பிவிடும். துண்டு போடுவதைப் பந்திக்கு அரை மணி முன்னால் வைத்துக்கொள்ளுங்கள், ட்ரேயோடு வண்டியில் ஏற்றினால் குலுங்காது.

ரோஸ் எசன்ஸ், பச்சை கலர் இல்லாமல் நம் ருசியில் செய்ய முடியாதா? — உடுமலைப்பேட்டை

தாராளமாக. நான் கடல்பாசியை முதலில் சாப்பிட்டதே எங்கள் தெரு ராவுத்தர் வீட்டு நோன்புக் கஞ்சியோடு வந்த கிண்ணத்தில்தான். இளநீரில் செய்து, வழுக்கையை நறுக்கிப் போட்டிருப்பார்கள். கலர் ஒரு சொட்டு கிடையாது.

இப்போது என் கையில் ஓடும் அடுக்கு இது: கீழே கவுந்தப்பாடி நாட்டுச்சர்க்கரையைக் கரைத்து வடிகட்டி ஏலக்காய் தட்டிப் போட்டது, நடுவில் பொள்ளாச்சித் தேங்காயின் முதல் பால், மேலே இளநீரில் மாதுளை முத்து. தேங்காய்ப் பாலைக் கொதிக்கவிடாமல் கடைசியில் சேருங்கள். சேர்த்ததும் கொழுப்பு மேலே ஏறி அந்த ஒரு அடுக்கே இரண்டாகத் தெரியும். எனக்கு அது அழகு. பிடிக்காதவர்கள் லேசாகக் கெட்டியாகும்வரை கிளறிவிட்டு ஊற்றவும். கோபி அம்மா, அடுத்து சம்பந்தி வீட்டுக்கு இதைக் கொண்டு போங்கள்.

இதற்கு ஏன் சாலட் என்று பேர்? சாலட் என்றால் வெள்ளரிக்காய் வெங்காயம்தானே! — பவானி

நானும் அப்படித்தான் கேட்டேன். ஜெல்-ஓ என்ற தூள் அமெரிக்காவில் நியூயார்க் மாகாணத்து லீராய் ஊரில் 1897ல் பிறந்தது. அதில் பழம் மட்டுமில்லை, முட்டைக்கோஸ், கேரட், செலரி எல்லாம் போட்டு உறையவைத்து, சாப்பாட்டோடு சேர்த்தே பரிமாறினார்கள். அதனால் சாலட். முட்டைக்கோஸ் போட்டு ஒரு தடவை நானும் செய்து பார்த்தேன். எங்கள் வீட்டுக்காரர் ஒரு வாய் வைத்துவிட்டு, "பொரியல் தனியா இருந்தா குடு" என்றார்.