மின்விசிறியை நிறுத்துங்கள், வீடியோ இளைக்கும்

கேள்வி: கடலூர் மாவட்டம் கிள்ளைக்கு அருகில் ஒரு அரசுப் பள்ளியில் பத்தாம் வகுப்புக்கு அறிவியல் எடுக்கிறேன். மழைக்காலத்தில் உப்பங்கழி ஓரத்துக் குடியிருப்புகளிலிருந்து வரும் பத்துப் பன்னிரண்டு பிள்ளைகள் நாள்கணக்கில் பள்ளிக்கு வருவதில்லை. சிலர் பெற்றோருடன் செங்கல் சூளைக்குப் போய்விடுகிறார்கள். அவர்களுக்காக ஒளியியல் பாடத்தை என் போனில் 22 நிமிடம் எடுத்தேன். ஃபைல் இரண்டே முக்கால் ஜி.பி. வந்து நிற்கிறது. ஒரு ஆப்பில் சுருக்கி அனுப்பினேன், போர்டில் எழுதியது தெரியவில்லை என்கிறார்கள். வீட்டுக்கு ஒரு போன்தான், அதையும் அப்பா கடலுக்கு எடுத்துக்கொண்டு போய்விடுகிறார். என்ன செய்யலாம்?

பதில்: டீச்சர், சுருக்குகிற ஆப்பைத் தேடுவதை முதலில் விடுங்கள். எடுக்கும்போதே இளைத்த வீடியோவாக எடுக்க வேண்டும். குண்டாக எடுத்துவிட்டுப் பிறகு பட்டினி போட்டால் முதலில் காணாமல் போவது எழுத்துதான்.

உங்கள் போனில் கோளாறு ஏதும் இல்லை. 1080பி தரத்தில் (படத்தின் உயரத்தில் 1080 புள்ளி) பல போன்கள் நொடிக்கு 17 மெகாபிட் அளவில் எழுதும். நிமிடத்துக்கு 125 எம்.பி.க்கு மேல். 22 நிமிடத்துக்கு இரண்டே முக்கால் ஜி.பி. சரியான கணக்கு.

இனி அந்த ஃபைலுக்குள் என்ன நடக்கிறது என்று பார்ப்போம். இது புரிந்தால் பாதி வேலை முடிந்தது. வீடியோ என்பது ஒவ்வொரு படத்தையும் முழுசாகச் சேமித்து வைப்பதில்லை. அவ்வப்போது ஒரு முழுப் படம், அதற்கு அடுத்து வருகிறவற்றில் எது மாறியதோ அது மட்டும். அசையாத தாள், அதன்மேல் எழுதுகிற ஒரு கை என்றால் மாறுவது கையளவு இடம்தான். ஃபைல் சின்னதாக அடங்கிவிடும். பின்னால் திரைச்சீலை ஆடினால், மின்விசிறியில் தாளின் ஓரம் படபடத்தால், கையில் பிடித்த போன் நடுங்கினால், ஒவ்வொரு நொடியும் மாறுகிற இடம் கூடிவிடும். நானே ஒருமுறை வெளிச்சம் நன்றாக இருக்கிறதே என்று பள்ளி வேப்பமரத்தடியில் பாடம் எடுத்தேன். கடற்காற்றில் ஆடிய ஒவ்வொரு இலைக்கும் ஃபைலில் இடம் போயிற்று. அறைக்குள் எடுத்ததைவிடக் கனம். அதே நீளம், அதே செட்டிங்.

அதனால் போர்டை விட்டுவிடுங்கள். மேசைமேல் தாள், மேலிருந்து பார்க்கும் போன், அவ்வளவுதான். இரண்டு பக்கமும் புத்தகங்களை ஒரு அடி உயரத்துக்குக் குறையாமல் அடுக்கி, குறுக்கே இரண்டு மர ஸ்கேல் வையுங்கள். அதன்மேல் போனைத் திரை மேலேயும் கேமரா கீழேயும் பார்க்கக் கிடத்தி ரப்பர் பேண்டு போட்டால் கால் முளைத்த கேமரா தயார். வலது கையால் எழுதுகிறவர் என்றால் ஜன்னல் இடது பக்கம் இருக்கட்டும், கையின் நிழல் எழுத்தின்மேல் விழாது. பால்பாயிண்ட் பேனா வேண்டாம், ஸ்கெட்ச் பென். ஒரு பக்கத்துக்கு ஏழு வரிக்கு மேல் எழுதாதீர்கள்.

பலர் தவறவிடுகிற ஒரு விஷயம்: திரையில் தாளின்மேல் விரலை வைத்துச் சற்று அழுத்திப் பிடியுங்கள். பெரும்பாலான போன்களில் ஃபோகஸும் வெளிச்சமும் பூட்டிக்கொள்ளும். பூட்டாவிட்டால் உங்கள் கை உள்ளே வரும்போதெல்லாம் கேமரா தடுமாறி, படம் மங்கித் தெளிந்து, இருண்டு வெளுக்கும். பார்க்கிற கண்ணுக்கு எரிச்சல், ஃபைலுக்கும் பாரம். தரத்தை 720பி-க்கு இறக்குங்கள். ஃபிளைட் மோடில் போடுங்கள், நடுவில் யாரும் அழைக்க மாட்டார்கள்.

மின்விசிறியை நிறுத்தச் சொல்வது தாளுக்காக மட்டுமல்ல, குரலுக்காகவும். படம் சுமாராக இருந்தால் பிள்ளைகள் பொறுத்துக்கொள்வார்கள். குரல் இரைந்தால் மூடிவிட்டுப் போய்விடுவார்கள். பழைய இயர்போன் ஒன்றின் மைக்கைப் புடவைத் தலைப்பில் குத்திக்கொண்டாலே போதும்.

சரி, எவ்வளவு நீளம்? 2014-இல் எட்எக்ஸ் என்ற இணையவழிப் படிப்புத் தளத்தில் 69 லட்சம் முறை பார்க்கப்பட்ட வீடியோக்களை ஆராய்ந்தார்கள். பாடம் எவ்வளவு நீளமாக இருந்தாலும், பார்ப்பவர்கள் பொதுவாக ஆறு நிமிடத்துக்கு மேல் தங்கவில்லை. அது நல்ல இணைய வசதி உள்ளவர்களின் கதை. நம் பிள்ளைகளுக்கு நான்கு நிமிடம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

குவிலென்சை எடுத்துக்கொள்வோம். பொருளை எங்கே வைத்தால் பிம்பம் எங்கே விழும் என்று ஆறு நிலைகள் பாடத்தில் இருக்கின்றன. நீங்கள் ஆறையும் ஒரே மூச்சில் சொன்னீர்கள். ஆறு வீடியோ ஆக்குங்கள். பொருள் வளைவு மையத்தில் (லென்சிலிருந்து குவியத் தொலைவைப் போல இரு மடங்கில்) இருக்கும் நிலைக்கு ஒன்று என்றால், எடுத்த எடுப்பில் கேள்வி: “மெழுகுவத்தியை இங்கே வைக்கிறேன், சுடர் திரையில் எந்த அளவில் தெரியும்?” அப்புறம் கோடுகள். ஒன்று அச்சுக்கு இணையாகப் போய் லென்சைக் கடந்ததும் முதன்மைக் குவியம் வழியே இறங்கும், இன்னொன்று ஒளி மையம் வழியே வளையாமல் போகும். இரண்டும் வெட்டிக்கொள்ளும் முன் நிறுத்துங்கள். “வீடியோவை நிறுத்திவிட்டு நீயே வரைந்து பார்” என்று சொல்லி ஐந்து எண்ணுங்கள். பிறகு மறுபுறத்தில் அதே தொலைவில் தலைகீழான, அதே அளவு மெய்ப்பிம்பம். முடிந்தது. “அன்பான மாணவச் செல்வங்களுக்கு வணக்கம்” என்று ஆரம்பித்து முகவுரை பேசினால் நாற்பது நொடி போய்விடும். நான்கு நிமிடத்தில் அது ஆறில் ஒரு பங்கு.

கணினியில் ஹேண்ட்பிரேக் என்ற இலவச மென்பொருளை நிறுவிக்கொள்ளுங்கள். ஃபைல் வகை எம்பி4, சுருக்கும் முறை ஹெச்.264, தரம் 480பி, நொடிக்கு 15 படம். படத்துக்கு 200 கேபிபிஎஸ் (நொடிக்கு 200 கிலோபிட்), குரலுக்கு மோனோவில் (ஒற்றைத் தடத்தில்) 48. ஹெச்.265 இன்னும் சின்னதாக்கும்தான், ஆனால் பழைய போன்கள் சில அதற்குத் திணறும், வேண்டாம். அளவை முன்பே போட்டுப் பார்க்கலாம்: மொத்தம் 248, அதை 240 நொடியால் பெருக்கி, எட்டு பிட் ஒரு பைட் என்பதால் எட்டால் வகுத்தால் 7,440 கிலோபைட். அதாவது ஏழரை எம்.பி.க்குள். ஆறு வீடியோவும் சேர்ந்து 45 எம்.பி. அனுப்பும் முன் உங்கள் வீட்டிலிருக்கும் மிகச் சின்னத் திரையில் கையை நீட்டிப் பிடித்துப் பாருங்கள். படிக்க முடியாவிட்டால் செட்டிங்கைத் திருகாதீர்கள், எழுத்தைப் பெரிதாக்கி மறுபடி எடுங்கள்.

எல்லாவற்றுக்கும் வீடியோ வேண்டுமா என்றும் யோசியுங்கள். வரையறை சொல்ல, வினா விளக்க, ஒரு போட்டோவும் இரண்டு நிமிடக் குரல் பதிவும் போதும், வாட்ஸ்அப்பிலேயே பேசிப் பதிந்தால் அது ஒரு எம்.பி.கூட ஆகாது. கோடு நகர்வதைப் பார்த்தால்தான் புரியும் என்ற இடத்துக்கு மட்டும் வீடியோ. பாடப்புத்தகத்து கியூஆர் கோடில், அரசின் இணையப் பாடத் தளமான திக்‌ஷா வழியே கிடைப்பதை மறுபடி எடுத்துக் கஷ்டப்படாதீர்கள்.

வாட்ஸ்அப்பில் சாதாரண வீடியோவாக அனுப்பினால் அது மறுபடி ஒரு சுற்று சுருக்கும். டாகுமெண்டாக அனுப்புங்கள், உள்ளபடி போகும். ஃபைல் பெயரைத் தமிழிலேயே வையுங்கள், “ஒளியியல் 3 வளைவு மையம்” என்று. காலையில் போன் படகில் இருக்கும். இரவு ஏழு மணிக்கு அனுப்பினால் வீட்டில் இருக்கும். குழுவில் உறுப்பினராகச் சேர்ந்தால் அம்மாக்களின் எண் எல்லோருக்கும் தெரியும், அதனால் ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகப் போகும் பிராட்காஸ்ட் பட்டியல் நல்லது. உங்கள் எண்ணைச் சேமித்தவர்களுக்குத்தான் அது போகும், அதை மட்டும் சொல்லிவையுங்கள்.

ஒவ்வொன்றின் முடிவிலும் ஒரே ஒரு வேலை கொடுங்கள். நோட்டில் வரைந்து போட்டோ எடுத்து அனுப்பச் சொல்லுங்கள். அன்றே பார்த்து, தவறான கோட்டின்மேல் வட்டம் போட்டுத் திருப்பி அனுப்புங்கள். அதைச் செய்யாவிட்டால் மூன்றாவது வீடியோவை யாரும் திறக்க மாட்டார்கள்.

கடைசியாக, மழை வரும்வரை காத்திருக்காதீர்கள். 2011 டிசம்பரில் தானே புயல், 2024 நவம்பர் கடைசியில் ஃபெஞ்சல் புயல். இரண்டின்போதும் நம் கரையில் கரண்ட் போனதும் சிக்னலும் போனதும் உங்களுக்கே தெரியும். வடகிழக்குப் பருவமழை தொடங்குவது அக்டோபரில். செப்டம்பருக்குள் முதல் இரண்டு பாடங்களை முடித்து, அந்தக் குடியிருப்பிலிருந்து ஒழுங்காக வருகிற ஒரு பிள்ளையின் வீட்டுப் போனில் மெமரி கார்டில் ஏற்றிக் கொடுங்கள். ஒரு போனிலிருந்து இன்னொன்றுக்கு குவிக் ஷேரிலோ புளூடூத்திலோ அனுப்ப டேட்டாவும் வேண்டாம், டவரும் வேண்டாம். சூளைக்குப் போகிற குடும்பம் கிளம்பும் நாளுக்கு முந்தின மாலையிலும் இதையே செய்துவிடுங்கள்.