சுயாதீனப் படங்களுக்கு மட்டும் ஒளிப்பதிவு செய்து பிழைக்க முடியுமா?

படிப்பு முடியப்போகிறது, கமர்ஷியல் பக்கம் போக விருப்பமில்லை, சொந்தமாகக் கேமரா வாங்கலாமா என்றும் கேட்டிருக்கிறீர்கள்.

அந்தப் படங்களின் சம்பளத்தை மட்டும் நம்பினால் முடியாது. சென்னையில் இதே வேலையில் இருக்கிறேன். என் வீட்டு வாடகையைக் கட்டுவது விளம்பரப் படங்களும் முகூர்த்த மாதங்களில் வரும் கல்யாண வீடியோக்களும்தான். சுயாதீனப் படத்தில் அட்வான்ஸ் வரும்; மீதி, "படம் வித்ததும் தர்றேன்" என்பதோடு நிற்கும். ஏமாற்று என்றும் சொல்ல முடியாது. பல சமயம் இயக்குநரே வீட்டு நகையை அடகு வைத்துத்தான் எடுத்துக்கொண்டிருப்பார்.

சத்யஜித் ராயின் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ராவை எடுத்துக்கொள்ளுங்கள். ராயின் முதல் படம் 'பதேர் பாஞ்சாலி' தொடங்கியபோது 21 வயதுப் பையன். அதற்கு முன் மூவி கேமராவை இயக்கியதே இல்லை. பிரெஞ்சு இயக்குநர் ழான் ரென்வார் வங்காளத்தில் 'தி ரிவர்' எடுத்தபோது ஓரமாக நின்று பார்த்துக் குறிப்பெடுத்ததுதான் படிப்பு. காசு தீர்ந்து தீர்ந்து படப்பிடிப்பு நின்று, 1955-இல்தான் படம் வந்தது.

அடுத்தது 'அபராஜிதோ'. காசி வீட்டு முற்றத்தைக் கல்கத்தா ஸ்டுடியோவில் செட் போட வேண்டியதாகிவிட்டது. நிஜ முற்றத்தில் வெளிச்சம் வானத்திலிருந்து பரவலாக இறங்கும், நிழல் அழுத்தமாக இருக்காது. செட்டில் நேராக லைட் அடித்தால் ஆளுக்கு நாலு நிழல் விழுந்து காட்டிக்கொடுத்துவிடும். மித்ரா செட்டுக்கு மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, விளக்குகளைக் கீழிருந்து துணியை நோக்கி அடித்தார். அதில் பட்டுத் திரும்பிய வெளிச்சம்தான் முற்றத்தில் விழுந்தது. இன்று தெர்மாகோலைப் பிடித்துக்கொண்டு நாங்கள் செய்வதும் அதே காரியம்தான்.

அவருக்கே படங்கள் குறைவு. 'நாயக்' (1966) படத்தோடு ராயிடமிருந்து விலகினார். மெர்ச்சன்ட் ஐவரி என்ற படத் தயாரிப்பு நிறுவனத்துக்கு நாலு படம். அப்புறம் நீண்ட இடைவெளிகள், 'நியூடெல்லி டைம்ஸ்' படத்துக்குத் தேசிய விருது, கடைசிக் காலத்தில் கல்கத்தா சத்யஜித் ராய் திரைப்படக் கல்லூரியில் ஆசிரியர் வேலை. மேதைக்கே இப்படி என்றால் நாம் கல்யாண வீட்டுக்குப் போவதில் கௌரவக் குறைச்சல் ஒன்றும் இல்லை.

நம் ஊரில் 'கூழாங்கல்' பாருங்கள். ஒளிப்பதிவு விக்னேஷ் குமுளை, ஜெயபார்த்திபன். 2021-இல் ரோட்டர்டாம் திரைப்பட விழாவில் டைகர் விருது வாங்கிய படம். வெயிலை எங்கும் மென்மையாக்கவில்லை. நடக்கிறவன் பின்னாலேயே கேமராவும் நடக்கிறது. இந்த மாதிரிப் படத்தில் எத்தனை மணிக்கு, எந்தத் திசையில் நின்று எடுப்பது என்று முடிவு செய்வதுதான் லைட்டிங். அந்த முடிவு உங்கள் கையில் இருக்கும். பெரிய யூனிட்டில் அது கிடைக்க வருஷங்கள் ஆகும்.

ஒப்பந்தத்தில் ஒன்றை மட்டும் விடாதீர்கள்: கலர் கரெக்‌ஷனில் நீங்கள் உட்கார வேண்டும் என்பது எழுத்தில் இருக்கட்டும். எடுத்து ஒரு வருஷம் கழித்துத்தான் அந்த வேலைக்குப் பணம் புரளும், அப்போது உங்களைக் கூப்பிட மறந்துவிடுவார்கள். நான் அந்தியில் எடுத்த காட்சி ஒன்றைப் பளிச்சென்று பட்டப்பகலாக்கிவிட்டார்கள். திரையிடலில்தான் எனக்கே தெரிந்தது.

கேமரா இப்போது வேண்டாம், வாடகைக்கு எடுங்கள். வெளிச்சத்தை அளக்கும் நல்ல லைட் மீட்டரும் பழைய லென்ஸ் ஒன்றிரண்டும் வாங்கலாம். கேமராவுக்கு இஎம்ஐ இருந்தால், அதைக் கட்டவே கிடைத்த வேலையையெல்லாம் ஒப்புக்கொள்வீர்கள்; நல்ல கதையோடு ஒருவர் வரும்போது தேதி உங்களிடம் இருக்காது.