பெஞ்ச் டிக்கெட் பதில்கள்

கேள்வி: திருப்பூர் பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை பார்க்கிறேன். ஞாயிற்றுக்கிழமைகளில் மொபைலில் கதையே இல்லாத சின்னச் சின்னப் படங்கள் எடுக்கிறேன். 'ஒழுங்கா வேலையப் பாரு, இல்லாட்டி மெட்ராஸுக்குப் போய்த் தொலை' என்கிறார்கள் வீட்டில். வேலையும் பார்த்துக்கொண்டு இப்படிப் படமெடுத்தவர்கள் உண்டுங்களா?
(பெயர் போட வேண்டாம், அவிநாசி)

பதில்: போடவில்லை தம்பி. ஒரு டாக்டரம்மாவைச் சொல்கிறேன். மார்கரெட் டெய்ட். ஸ்காட்லாந்துக்கு வடக்கே ஆர்க்னி தீவுகளில் 1918-ல் பிறந்தவர். இரண்டாம் உலகப் போரில் ராணுவ மருத்துவராக இந்தியாவுக்கும் இலங்கைக்கும்கூட வந்தார். அப்புறம் ரோமில் சினிமா படித்தார். ஊர் திரும்பி, மற்ற டாக்டர்கள் லீவில் போனால் அவர்கள் நாற்காலியில் உட்கார்ந்து வைத்தியம் பார்த்தார். படத்துக்குப் பெரும்பாலும் கைக்காசுதான். முப்பதுக்கும் மேல் குறும்படங்கள்.

1952-ல் தன் அம்மாவை வைத்து ஒன்று எடுத்தார். நாலு நிமிஷம், கொஞ்சம் சொச்சம். அம்மா மிட்டாய்த் தாளைப் பிரிக்கிறார். தாள் ஒட்டிக்கொண்டு வரமாட்டேன் என்கிறது. கேமரா அந்த விரல்களையே பார்த்துக்கொண்டிருக்கிறது. எனக்கு எங்கள் அமுச்சி சுருக்குப்பை முடிச்சோடு மல்லுக்கட்டியது ஞாபகம் வந்து, மறுபடி ஒருதரம் ஓடவிட்டுப் பார்த்தேன்.

கேமராவே இல்லாமல் பிலிம் மேலேயே சாயம் தீட்டியும் படம் செய்தார். நான் சின்ன வயதில் காங்கேயம் பக்கம் ஒரு டூரிங் கொட்டகையில் ஆபரேட்டருக்கு எடுபிடி. அறுந்த பிலிமைச் சுரண்டி ஒட்டுவது என் வேலை. தபால்தலை அளவுக் கட்டம், நொடிக்கு 24 ஓடும். நாலு நிமிஷத்துக்கு 5,760. ஒரு கட்டத்தைச் சுரண்டுவதற்குள்ளேயே எனக்குக் கை நடுங்கும், வெளியே பெஞ்சில் விசில் பறக்கும். அதனால் இந்த அம்மாவின் பொறுமை என்னவென்று எனக்குத் தெரியும்.

எல்லாப் படமும் பிடித்ததா என்றால், இல்லை. இரண்டில் தூங்கிவிட்டேன். முழுநீளப் படம் ஒன்றே ஒன்று, 1992-ல் வந்தது. அப்போது எழுபதைத் தாண்டியிருந்தார். 1999-ல் காலமானார்.

சரி, உங்கள் செக்கிங் டேபிளில் டியூப்லைட் வெளிச்சத்தில் பிசிறு வெட்டும் கைகளை எடுத்திருக்கிறீர்களா? கம்பெனிக்குள் மொபைலை விடமாட்டார்கள் என்றால் வீட்டில் அம்மா இருக்கிறார். அவரிடம் ஒரு மிட்டாயைக் கொடுங்கள், திட்டு வாங்குவது உங்கள் பாடு.

கேள்வி: கோவை வெரைட்டிஹால் ரோட்டுக்கு ஏன் அந்தப் பெயர்?
(ஒரு வாசகி, உக்கடம்)

பதில்: சாமிக்கண்ணு வின்சென்ட் 1914-ல் அங்கே கட்டிய சினிமாக் கொட்டகையின் பெயர் வெரைட்டி ஹால். திருச்சியில் ரயில்வே உத்தியோகத்தில் இருந்தவர். 1905-ல் டூபான் என்ற பிரெஞ்சுக்காரரிடம் புரொஜெக்டரையும் துண்டுப் படங்களையும் விலைக்கு வாங்கி, ஊர் ஊராகக் காட்டப் புறப்பட்டார். உத்தியோகத்தை விட்டுவிட்டுத்தான். அவிநாசித் தம்பி, இந்தப் பதிலை மட்டும் வீட்டில் காட்டிவிடாதீர்கள்.