தெஜ்வாவின் 6000 பிராங்க்

மதிப்பிற்குரிய ஐயா,

நீங்கள் சிபாரிசு செய்த பிரெஞ்சு எழுத்தாளர் எமில் ஸோலாவின் 'பணம்' நாவலை ஆங்கில மொழிபெயர்ப்பில் படித்து முடித்தேன். நான் ஓ.எம்.ஆரில் ஒரு வெளிநாட்டு வங்கியின் அலுவலகத்தில் வேலை பார்க்கிறேன். பங்குகளை ஈடாக வைத்துக் கடன் வாங்கியவர்களுக்கு, பங்கு விலை இறங்கி மார்ஜின் (கடனைவிட ஈட்டின் மதிப்பு கூடுதலாக இருக்கவேண்டிய அளவு) குறைந்தால் அறிவிப்பு அனுப்புவது எங்கள் டீமின் வேலை. கெடுவுக்குள் பணம் கட்டவில்லை என்றால் பங்குகளை விற்றுவிடுவார்கள். அந்த மனிதர்கள் யாரென்று எனக்குத் தெரியாது. திரையில் ஒரு எண், ஒரு தொகை, ஒரு நேரம், அவ்வளவுதான்.

நாவலில் எனக்கு ஒரு சங்கடம். வங்கி தொடங்கி ஊரையே ஏமாற்றும் சக்கார் வரும் பக்கங்களில்தான் உயிர் இருக்கிறது. அவன் மூழ்கும்போது எனக்கு வருத்தமாக இருந்தது. அவனால் அழிந்தவர்கள் அழும் பக்கங்களை வேகமாகத் தள்ளிவிட்டேன். பிறகு நினைத்துப் பார்த்து வெட்கப்பட்டேன். பெரும்பணத்தைப் பற்றிய கதைகளும் படங்களும் எல்லாமே இப்படித்தான் இருக்கின்றன. சுருட்டியவனை ரசிக்க வைக்கின்றன. இழந்தவர்கள் கடைசியில் வந்து அழுதுவிட்டுப் போகிறார்கள். இது எழுத்தாளர்களின் குறையா, என் போன்ற வாசகர்களின் குறையா?

இன்னொன்றும் கேட்கவேண்டும். என் வேலையைப் பற்றி ஒரு நாவல் எழுத ஆசை. ஆனால் மார்ஜின், கொலாட்டரல் (ஈடு) என்று ஆரம்பித்தாலே படிப்பவர் புத்தகத்தை மூடிவிடுவார் என்று பயம். எங்கிருந்து தொடங்குவது?

என் பெயரை வெளியிட வேண்டாம்.

ஒரு வாசகி
சென்னை

---

அன்புள்ள வாசகிக்கு,

நீங்கள் வெட்கப்பட வேண்டியதில்லை. சக்காரின் வேகம் நம்மை இழுக்காவிட்டால் அந்த நாவலே தோற்றிருக்கும். அத்தனை பேர் ஏன் தங்கள் சேமிப்பை அவன் கையில் கொண்டுபோய்க் கொடுத்தார்கள் என்பது, நமக்கே அவன்மேல் ஒரு மயக்கம் வந்தால்தான் புரியும்.

ஆனால் இழந்தவர்களின் பக்கங்களில் உயிரில்லை என்பதை நான் ஏற்க மாட்டேன். நீங்கள் அவர்களை அழும் இடத்தில் தேடியிருக்கிறீர்கள். அதற்கு முன்னால் போய்ப் பாருங்கள். தெஜ்வாவை நினைவிருக்கிறதா? சக்காரின் வங்கியில் எடுபிடி வேலை பார்க்கும் மனிதர். மனைவியை இழந்தவர். நத்தாலி என்று ஒரே மகள். அவளைக் கட்டிக்கொடுக்க 6000 பிராங்க் வேண்டும். கையில் இருப்பது 4000. மீதி 2000 கிடைத்துவிட்டால் அவருக்குப் போதும். வெளியிட்ட விலையான 500 பிராங்குக்கு எட்டுப் பங்குகள் வாங்குகிறார்.

விலை 750 ஆனபோதே அவருடைய தேவை முடிந்துவிட்டது. எட்டையும் விற்றிருந்தால் 6000 பிராங்க் கையில். கல்யாணம் நடந்திருக்கும். அவர் விற்கவில்லை. விலை ஏற ஏற, வரதட்சணை போதாது, தன் முதுமைக்கும் ஒரு சிறு வருமானம் வேண்டும் என்று ஆகிறது. பங்கு 3000 பிராங்கைத் தாண்டும்போது அந்த எட்டுத் தாள்களின் மதிப்பு 24,000 பிராங்குக்கு மேல். தன் ஆயுளில் அவர் நினைத்தே பார்த்திராத தொகை. அப்போதும் விற்கவில்லை. பிறகு எல்லாம் போகிறது. மகளும் வீட்டைவிட்டுப் போய்விடுகிறாள்.

இதில் வங்கி தெஜ்வாவிடமிருந்து எடுத்துக்கொண்டது 4000 பிராங்க் என்று கணக்கு எழுதுவார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. 750-க்கும் 3000-க்கும் நடுவில் எங்கேயோ அவர் தன் ஆசையின் அளவை இழந்தார். 6000 பிராங்க் போதும் என்று இருந்த மனிதர் அந்த இடைவெளியில் காணாமல் போனார். பணம் போனது அதற்கு அப்புறம்தான். பெரும்பணத்தைப் பற்றிய புனைவு சொல்லவேண்டிய மனித இழப்பு இது என்று நான் நம்புகிறேன். வீழ்ச்சியைச் செய்தித்தாள் நன்றாகவே எழுதிவிடும். பூட்டிய கதவு, வெளியே கூட்டம், தலையில் கைவைத்து உட்கார்ந்திருக்கும் பெரியவரின் படம், எல்லாம் வந்துவிடும். விலை ஏறிக்கொண்டிருந்த மாதங்களில் அந்தப் பெரியவரின் வீட்டுக்குள் என்ன நடந்தது என்பதை எந்த நிருபரும் போய்க் கேட்பதில்லை. ஏனென்றால் அப்போது அது செய்தியே இல்லை. நாவலாசிரியர் மட்டும்தான் அந்த வீட்டுக்குள் போகமுடியும்.

ஸோலா இதை வெறும் கற்பனையிலிருந்து எடுக்கவில்லை. 1878-இல் எழென் போந்து என்பவர் பாரிஸில் 'யூனியோன் ஜெனரால்' என்ற வங்கியைத் தொடங்கினார். கத்தோலிக்கர்களின் வங்கி என்ற அடையாளத்தோடு வந்தது அது. 500 பிராங்க் பங்கு 3000-ஐத் தாண்டிப் போய், 1882 ஜனவரியில் விழுந்தது. பிரபுக்கள், பாதிரிமார், சின்னச் சேமிப்புக்காரர்கள் எல்லோரும் சேர்ந்து விழுந்தார்கள். போந்துவுக்கு 5 ஆண்டு சிறைத்தண்டனை. அவர் ஸ்பெயினுக்குப் போய்விட்டார். ஸோலா அந்த வீழ்ச்சியை அதற்கு முந்தைய காலமான மூன்றாம் நெப்போலியனின் ஆட்சிக்கு நகர்த்தி, 1891-இல் நாவலாக வெளியிட்டார்.

இங்கே ஒன்றைச் சொல்லாமல் தாண்டிப் போக எனக்கு மனம் வரவில்லை. அந்த வங்கி விழுந்ததும், யூதப் பணக்காரர்கள் சதி செய்து கவிழ்த்துவிட்டார்கள் என்ற பேச்சு பிரான்சில் பரவியது. கணக்கில் செய்த தில்லுமுல்லுக்கு ஒரு சமூகத்தின்மேல் பழி. நாவலில் சக்கார் கக்கும் யூத வெறுப்பு அன்றைய தெருப்பேச்சுதான். ஸோலா அதை அவன் வாயில் வைத்துக் காட்டுகிறார். ஆனால் கடன் பத்திரங்களை வாங்கி ஏழைகளைப் பிழியும் புஷ் என்ற பாத்திரத்தில் அவரே யூதர்களைப் பற்றிய அந்தப் பழைய அச்சுக்குள் விழுகிறார் என்றுதான் எனக்குப் படுகிறது. 1898-இல், செய்யாத துரோகத்துக்காகத் தண்டிக்கப்பட்ட யூத ராணுவ அதிகாரி டிரைபஸுக்காக அரசையே எதிர்த்து எழுதியவரும் இதே ஸோலாதான். ஒரு நிதி வீழ்ச்சியின் மனித இழப்பைப் பட்டியல் போடும்போது, யார்மேல் பழி விழுந்தது என்பதையும் நாம் சேர்த்துக்கொள்ள வேண்டும். எந்த நாட்டிலும் பணம் போன கோபம் பக்கத்தில் இருக்கும் சிறுபான்மையினர்மேல்தான் முதலில் பாயும்.

சரி, மோசடிக்காரனை ரசிக்க வைக்கத்தான் வேண்டுமா என்று கேட்டால், வேண்டாம் என்பதற்கும் சான்று இருக்கிறது. ஆங்கில நாவலாசிரியர் டிக்கன்ஸின் 'லிட்டில் டோரிட்'டில் வரும் நிதி முதலாளி மெர்டில். லண்டனே அவர் காலில் விழுகிறது. மந்திரிகளும் பிஷப்புகளும் அவர் வீட்டு விருந்துக்கு வருகிறார்கள். ஆனால் அந்த மனிதரிடம் ஒரு கவர்ச்சியும் கிடையாது. பேச வராது. சாப்பாடு இறங்காது. தன் வீட்டுத் தலைமை வேலைக்காரரைப் பார்த்தே பயப்படுவார். தன்னைத் தானே கைது செய்ததுபோல ஒரு கையால் மற்ற கையின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு நிற்பார். கடைசி நாள் மாலையில் மருமகள் ஃபேனியின் வீட்டுக்குப் போய், பேனாக்கத்தி ஒன்று கடன் கேட்கிறார். முத்துச்சிப்பிப் பிடி போட்டதைக் கொடுக்கட்டுமா என்கிறாள் அவள். இன்னும் கறுப்பான பிடி இருந்தால் நல்லது என்கிறார். ஆமையோட்டுப் பிடி போட்டதைக் கொடுக்கிறாள். மை படாமல் திருப்பித் தருகிறேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டுப் போகிறார். அன்றிரவு ஒரு பொதுக் குளியலறையில் அந்தக் கத்தியோடுதான் அவரைக் கண்டெடுக்கிறார்கள்.

அந்தக் கதை 1855 டிசம்பர் முதல் மாதத் தொடராக வந்துகொண்டிருந்தது. 1856 பிப்ரவரியில் ஜான் சாட்லர் என்ற நாடாளுமன்ற உறுப்பினர் லண்டனின் ஹாம்ப்ஸ்டெட் திடலில் நஞ்சு குடித்து இறந்துகிடந்தார். அயர்லாந்தின் டிப்பரேரி வங்கியைச் சூறையாடியவர் அவர். அந்தக் காலகட்டத்தில் உருவான பாத்திரம்தான் மெர்டில். ஆக, உங்கள் புகாருக்கு டிக்கன்ஸ் அன்றைக்கே பதில் சொல்லிவிட்டார். மெர்டிலை மங்கலாக வைத்துவிட்டு, வெளிச்சத்தை அவரை நம்பியவர்கள்மேல் திருப்பினார். வாடகை வசூலிக்கும் ஒருவர், நன்றாகக் கணக்குப் போடத் தெரிந்தவர், நாயகன் கிளென்னத்திடம் வந்து, நான் கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டேன், பத்திரமான இடம், போடுங்கள் என்கிறார். ஏமாற்றும் எண்ணமே அவருக்கு இல்லை. தன் பணத்தையும் அங்கேதான் போட்டிருக்கிறார். நல்லவரான கிளென்னம் தன் கூட்டாளியின் உழைப்பையும் சேர்த்து அங்கே போட்டு, கடன்காரர் சிறைக்குப் போகிறார். நல்லவர்கள் நல்லவர்களுக்குச் சொல்லித்தான் இது பரவுகிறது. டிக்கன்ஸ் இதைத் தொற்றுநோய் என்றே எழுதினார்.

தெஜ்வாவைப் போல ஒருவரை நானும் பார்த்திருக்கிறேன். எங்கள் தெருவில் ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர் இருந்தார். தொண்ணூறுகளில் தன் பணிக்கொடையை ஒரு பைனான்ஸ் கம்பெனியில் போட்டார். வங்கி கொடுத்ததைப்போல இரண்டு மடங்கு வட்டி. கம்பெனி மூடியதைப் பற்றி ஊரே பேசியது. எனக்கு நினைவில் நிற்பது அதற்கு முந்தைய காலம். மாதம் பிறந்தால் தவறாமல் செக் வரும். முதல் சில மாதங்கள் அந்தப் பணத்தைத் தொடாமல் வைத்திருந்தார். பிறகு கல்யாணப் பத்திரிகைகளின் பின்பக்கத்தில் கணக்குப் போட ஆரம்பித்தார். இவ்வளவு போட்டால் இவ்வளவு. பெண்ணுக்கு முடிவாகியிருந்த இடத்தை, அவர்கள் கொஞ்சம் கீழே என்று சொல்லி நிறுத்திவிட்டார். கூடப் பணிசெய்த ஆசிரியர்களிடம் பென்ஷன் பற்றிப் பேசும்போது குரலில் ஓர் இரக்கம் வந்தது. முப்பது வருடம் தான் பார்த்த வேலையையே கேவலமாக நினைக்கத் தொடங்கியிருந்தார். அந்த மாற்றத்தை எந்த நீதிமன்றமும் நஷ்டமாகக் கணக்கெடுக்கவில்லை.

நீங்கள் சென்னைக்காரர் என்பதால் இதையும் சொல்கிறேன். 1906 அக்டோபரில் மதராஸின் ஆர்பத்நாட் கம்பெனி திவாலானது. அன்றைய பெரிய வணிக நிறுவனங்களில் ஒன்று, வங்கியாகவும் இயங்கியது. லண்டன் கூட்டாளி மக்ஃபேடியன் சுரங்க ரயில் பாதையில் உயிரை மாய்த்துக்கொண்டார். சர் ஜார்ஜ் ஆர்பத்நாட் 18 மாதம் கடுங்காவல் தண்டனை பெற்றார். வழக்கறிஞர் வி. கிருஷ்ணசாமி ஐயரின் முயற்சியில் 1907-இல் இந்தியன் வங்கி பிறந்தது. இந்தப் பெயர்கள் எல்லாம் வரலாற்றில் இருக்கின்றன. டெபாசிட் போட்டு இழந்தவர்களில் எத்தனை பேரை நம்மால் பெயர் சொல்லிக் கூப்பிட முடியும்? அந்த வெற்றிடத்தில்தான் ஒரு நாவல் காத்திருக்கிறது. 2008-இல் லேமன் பிரதர்ஸ் என்ற அமெரிக்க முதலீட்டு வங்கி விழுந்தபோதும் அதே கதைதான். ஹாங்காங்கிலும் சிங்கப்பூரிலும் தாங்கள் வழக்கமாகப் போகும் வங்கிக் கவுன்டரில் அதோடு பிணைந்த 'மினிபாண்டு' என்ற முதலீட்டுப் பத்திரங்களை வாங்கிய ஓய்வுபெற்றவர்கள் தெருவில் இறங்கிப் போராடினார்கள்.

இனி உங்கள் நாவல். மார்ஜின் அறிவிப்பு போகும் நாளில் தொடங்காதீர்கள். ஒரு வருடம் முன்னால் தொடங்குங்கள். ஒருவரிடம் ஒரு கோடி ரூபாய்ப் பங்குகள் இருக்கின்றன. பாதி மதிப்புக்குக் கடன் கிடைக்கும் என்று வைத்துக்கொள்வோம். மகனின் வெளிநாட்டுப் படிப்புக்காக 50 லட்சம் வாங்குகிறார். நியாயமான தேவை. பங்கு ஏறி மதிப்பு ஒன்றரைக் கோடி ஆகிறது. கடன் கொடுத்த இடத்திலிருந்து போன் வருகிறது. 'சார், உங்களுக்கு இன்னும் 25 லட்சம் லிமிட் இருக்கு.' அவர் கேட்கவே இல்லை. ஆனாலும் வாங்கி, அதே பங்கில் போடுகிறார். இப்போது பங்கு ஒன்றே முக்கால் கோடி, கடன் 75 லட்சம். பிறகு விலை மூன்றில் ஒரு பங்கு இறங்குகிறது. அதாவது தொடங்கிய இடத்துக்கே திரும்புகிறது. அவரிடம் இருக்கும் பங்கு சுமார் 1 கோடியே 16 லட்சம். கடன் 58 லட்சத்துக்குள் இருக்கவேண்டும். 17 லட்சம் கட்டச் சொல்லி உங்கள் திரையிலிருந்து கடிதம் போகிறது. விலை பழைய இடத்தில்தான் இருக்கிறது, அவர்தான் அங்கே இல்லை. இந்தக் கணக்குக்கு மேல் ஒரு வரி தொழில்நுட்பம்கூடத் தேவையில்லை. கொலாட்டரல் என்ற சொல்லே வராமல் நூறு பக்கம் எழுதலாம்.

அந்தப் போன் வந்த மாலையை எழுதுங்கள். அவர் மனைவியிடம் சொன்னாரா, சொல்லாமல் விட்டாரா? 'வேண்டாம்' என்று சொல்ல நினைத்து ஏன் சொல்லவில்லை? உங்கள் பக்கத்தையும் மறைக்காதீர்கள். சந்தை ஏறிய வருடத்தில் உங்களுக்கு வந்த போனஸ், அதை நம்பி எடுத்த வீட்டுக் கடன், அறிவிப்புகள் குவியும் இரவுகளில் டீமுக்குள் வரும் பரபரப்பு, அதில் கொஞ்சம் உற்சாகமும் உண்டென்றால் அந்த உற்சாகமும் வரட்டும். ஸோலாவின் நாவலில் மெஷேன் என்ற பெண் பழைய தோல்பையைத் தூக்கிக்கொண்டு, விழுந்துபோன கம்பெனிகளின் செல்லாப் பங்குகளைப் பொறுக்கி அலைவாள். அவளை வெறுக்க நமக்குச் சுலபம். சம்பளம் வாங்கிக்கொண்டு கெடு மணியைப் பார்த்துக்கொண்டிருக்கும் ஒருத்தியை வெறுப்பது அவ்வளவு சுலபமில்லை. அதனால்தான் அவள் கதை எனக்கு வேண்டும்.

ஒரு எச்சரிக்கை. எந்த வாடிக்கையாளரின் விவரத்தையும் அப்படியே எடுக்காதீர்கள். உங்கள் வேலைக்கும் ஆபத்து, அவருக்கும் செய்யும் துரோகம். அந்த எண்ணுக்குப் பின்னால் இருப்பவரை முழுக்க நீங்களே உருவாக்கிக்கொள்ளுங்கள். முதல் அத்தியாயம் முடிந்ததும் அனுப்பிவையுங்கள், படித்துவிட்டு விரிவாக எழுதுகிறேன்.

அன்புடன்.