நீச்சல் தெரியாத குடும்பம், புக்கெட் ஸ்பீட்போட், ஸ்நார்க்லிங்: எந்தத் தீவுக்குப் போறது?

கேள்வி: ஜனவரி மூணாவது வாரம் தாய்லாந்துல இருக்கிற புக்கெட் போறோம். எனக்கு 47 வயசு, கண்ணாடி போடுவேன். வீட்டுக்காரருக்கு 53, பிரஷர் மாத்திரை சாப்பிடுறார். காலேஜ் படிக்கிற பொண்ணு, அவளுக்கு மட்டும்தான் நீச்சல் தெரியும். மாமியாருக்கு 69, முட்டி வலி, முதுகு வலி ரெண்டும் இருக்கு. ஒரு ஏஜென்ட் சிமிலான் தான் பெஸ்ட்னு சொல்றார், இன்னொருத்தர் ஃபிஃபி போங்கன்றார். நீச்சல் தெரியாம ஸ்நார்க்லிங் பண்ணலாமா? ஸ்பீட்போட்ல வாந்தி வருமா? மாமியாரைக் கூட்டிட்டுப் போலாமா? முழுப் பணத்தையும் இப்பவே கட்டச் சொல்றாங்க, கட்டலாமா? (வாசகி, திருப்பூர்)

பதில்: பண்ணலாம். ஸ்நார்க்லிங்னா மாஸ்க் மாட்டி, வாயில மூச்சு ட்யூப் கடிச்சுட்டு, தண்ணி மேல குப்புற மிதந்தபடி கீழ இருக்கிற மீனையும் பவளத்தையும் பார்க்கிறது, அவ்வளவுதான். நம்ம ஊர்ப் பக்கம் இருந்து வர்ற குடும்பங்கள்ல பாதிக்கு மேல நீச்சல் தெரியாதவங்கதான், அதுல நிறைய பேர் மீனெல்லாம் பார்த்துட்டு சந்தோஷமா திரும்பி வர்றாங்க. ஆனா நீங்க "எந்தத் தீவு அழகு"ன்னு ஆரம்பிக்கிறீங்க, ஏஜென்ட்டும் அந்த போட்டோவைக் காட்டித்தான் விக்கிறார். உங்க வீட்ல இருக்கிற நாலு பேரை வெச்சுப் பார்த்தா முதல்ல கேக்க வேண்டியது போட்ல எவ்வளவு நேரம், இறங்குற இடத்துல கால் ஊன முடியுமா, இந்த ரெண்டும்தான்.

சிமிலானை எடுத்துக்கோங்க. தண்ணி கண்ணாடி மாதிரி இருக்கும், ஆமை பார்க்கவும் சான்ஸ் இருக்கு, அதுல பொய் இல்ல. ஆனா புக்கெட்ல இருந்து நேரா போட் ஏறுறது இல்ல, பெரும்பாலான டூர் புக்கெட்டுக்கு வடக்க, காவ் லாக்ங்கிற ஊர் பக்கத்துல இருக்கிற தாப் லமு ஜெட்டில (படகுத்துறைல) இருந்துதான் கிளம்புது, புக்கெட்ல படோங் பீச் பக்கம் ரூம் போட்டிருந்தா விடியக்காலைலயே வேன்ல ஏத்தி சுமார் ரெண்டு மணி நேரம் ரோட்ல, அப்புறம் ஒண்ணே கால், ஒன்றரை மணி நேரம் திறந்த கடல்ல, சாயங்காலம் அதே வழியா திரும்பணும். சிமிலான்ங்கிறது ஒரு தீவுக் கூட்டம், அதுல எட்டாம் நம்பர் தீவுல பாய்மரப் பாறை வியூ பாயிண்ட்னு ஒண்ணு இருக்கு, எல்லாரும் போட்டோ எடுக்கிற இடம் அதுதான், அது செங்குத்தா ஏறணும், முட்டி வலிக்காரங்களுக்கு ஆகாது. முக்கியமா, அங்க ஸ்நார்க்லிங் ஸ்பாட் பலதுல போட்ல இருந்து நேரா ஆழத்துலதான் இறக்குவாங்க, கால் ஊன இடம் கிடையாது. முதல் தடவை மாஸ்க் மாட்டுறவங்களுக்கு அது தேவையில்லாத பரீட்சை.

ஃபிஃபி கிட்டத்தான், புக்கெட்ல இருந்து ஸ்பீட்போட்ல முக்கால் மணி நேரம், ஒரு மணி நேரம். ஆனா அது ஸ்நார்க்லிங் ட்ரிப்ங்கிறதை விட சுத்திப் பார்க்கிற ட்ரிப்னு சொல்லலாம். மாயா பே, பிலே லகூன், வைக்கிங் குகை, குரங்கு பீச்னு வரிசையா நிறுத்துவாங்க, நடுவுல ஒரு அரை மணி நேரம் தண்ணில இறக்குவாங்க. மாயா பேல நீந்தலாம்னு நினைச்சுட்டுப் போகாதீங்க, கூட்டம் தாங்காம பவளமெல்லாம் போச்சுன்னு 2018 ஜூன்ல மூடிட்டாங்க, 2022 ஜனவரிலதான் திரும்பத் திறந்தாங்க, அதுல இருந்து போட் பின்பக்கமா லோ சமா பேல நிக்கும், மரப்பலகை நடைபாதைல நடந்து போய் பார்க்கலாம், முட்டி அளவு தண்ணில நிக்கலாம், அவ்வளவுதான். துடுப்பு நுனி கறுப்பா இருக்கிற சுறாக் குட்டிங்க அங்க திரும்பி வந்திருக்குன்னா காரணமே அதுதான், அதனால இந்த ரூல் எனக்குப் பிடிச்ச ரூல்.

உங்களுக்கு நான் சொல்றது ரெண்டுமே இல்ல. ராச்சா யாய்னு புக்கெட்டுக்குத் தெக்க ஒரு தீவு இருக்கு, சலோங் ஜெட்டில இருந்து அரை மணி, முப்பத்தஞ்சு நிமிஷம். இல்லன்னா அதை விடக் கிட்ட கோரல் ஐலண்ட், கால் மணி நேரத்துல போயிடலாம். கோரல் ஐலண்ட்ல கூட்டமும் வாட்டர் ஸ்போர்ட்ஸ் சத்தமும் ஜாஸ்தி, பவளம் சுமார் ரகம். ராச்சால தண்ணி நல்லா தெளிவா இருக்கும், மணல் பீச்ல இருந்து மெதுவா இறங்கி, இடுப்பளவு தண்ணில பழகிட்டு அப்புறம் பாறைப் பக்கம் போகலாம். மாமியார் நிழல்ல உக்காந்து இளநீர் குடிச்சுட்டு உங்களைப் பார்த்துட்டு இருக்கலாம். அரை நாள் டூர் இருந்தா அதையே எடுங்க.

மாமியார் விஷயத்தைக் கொஞ்சம் விரிவாவே சொல்றேன், ஏன்னா இதை ஏஜென்ட் சொல்ல மாட்டாங்க. ஸ்பீட்போட் அலை மேல ஏறி டம்முனு விழும்போது அடி முழுக்க உக்காந்திருக்கிறவங்க முதுகெலும்புக்குத்தான் போகுது. போட்டோட மூக்குப் பகுதி இருக்கே, காத்து நல்லா வரும்னு எல்லாரும் ஓடிப் போய் உக்காருற இடம், அங்கதான் தூக்கிப் போடுறது அதிகம், வேகமான போட்ல முன்சீட்ல இருந்து முதுகெலும்பு நசுங்கின கேஸ் பல நாட்டுல பதிவாகியிருக்கு. அதனாலதான் கர்ப்பிணிங்களையும் முதுகு ஆபரேஷன் ஆனவங்களையும் ஏத்த மாட்டேன்னு சொல்றாங்க. வயசான பெண்களுக்கு எலும்பு தேய்மானம் வேற இருக்கும். அவங்க வர்றதா இருந்தா எஞ்சின் பக்கத்துல பின்சீட், கீழ மெத்தை, ரெண்டு பக்கமும் நீங்க, இல்லன்னா அன்னைக்கு ஹோட்டல்லயே இருக்கட்டும். எஞ்சின் புகை வாடை அடிக்கும், சத்தம் காதைக் கிழிக்கும், பரவாயில்ல. பின்சீட் கிடைக்கணும்னா ஜெட்டிக்கு சீக்கிரம் போய் கைடுகிட்ட முன்னாடியே சொல்லிடுங்க, வெக்கப்பட வேண்டாம். இன்னொண்ணு, ஏறி இறங்குறது பெரும்பாலும் பின்பக்க ஏணிலதான், சில பீச்ல முட்டி அளவு, தொடை அளவு தண்ணில நடந்துதான் கரைக்குப் போகணும், அமாவாசை, பௌர்ணமி ஒட்டின நாள்ல கடல் ரொம்ப உள்வாங்குச்சுன்னா நடக்கிற தூரம் இன்னும் ஜாஸ்தி. ஜெட்டில செருப்பை வாங்கி வெச்சுக்குவாங்க, வெறுங்காலோடதான் போட்.

மாசம் பத்திக் கவலை வேண்டாம், ஜனவரி நல்ல சீசன். மே கடைசில இருந்து அக்டோபர் வரைக்கும் தென்மேற்குப் பருவக்காத்து, 2018 ஜூலைல ஃபீனிக்ஸ்னு ஒரு டூர் படகு புக்கெட் பக்கம் புயல்ல கவிழ்ந்து 47 பேர் இறந்தாங்க, எச்சரிக்கை இருந்தும் கிளம்பின படகு அது. சிமிலானையே மே பாதில இருந்து அக்டோபர் பாதி வரைக்கும் மூடித்தான் வெச்சிருப்பாங்க. ஜனவரில வடகிழக்குக் காத்து அடிச்சா ஃபிஃபி பக்கம் கொஞ்சம் குலுக்கும்.

வாந்தி வருமான்னு கேட்டீங்க. பஸ்ல வர்றவங்களுக்கு இதுலயும் வரலாம், ஆனா வேகமா ஓடும்போது வர்றதை விட போட் நின்னுட்டு ஆடும்போதுதான் வரும், அதாவது நீங்க மாஸ்க் மாட்டிட்டு இருக்கிற அந்த நேரம். நம்ம ஊர் மெடிக்கல்ல கிடைக்கிற அவோமின் மாதிரி மாத்திரையை ஏறுறதுக்கு ஒண்ணு ரெண்டு மணி நேரம் முன்னாடியே போடணும், தலை சுத்த ஆரம்பிச்சப்புறம் போட்டா பிரயோஜனம் கிடையாது. தூக்கம் வரும், அதோட பீர் கூடவே கூடாது, வீட்டுக்காரர் வேற மாத்திரை சாப்பிடுறதால இங்கயே டாக்டர்கிட்ட கேட்டுட்டு வாங்கிட்டுப் போங்க. வெறும் வயித்தோடயும் போக வேண்டாம், ஹோட்டல் பஃபேல புகுந்து விளையாடிட்டும் போக வேண்டாம், ரெண்டு டோஸ்ட் ஒரு வாழைப்பழம் போதும். போன் பார்க்காம தூரத்துல கடலும் வானமும் சேர்ற கோட்டைப் பாருங்க.

இப்ப அசல் விஷயத்துக்கு வர்றேன். நீச்சல் தெரியாதவங்க ஆழத்தை நினைச்சுத்தான் பயப்படுறாங்க, ஆனா லைஃப் ஜாக்கெட் போட்டிருந்தா அஞ்சடி ஆழமும் ஐம்பதடி ஆழமும் ஒண்ணுதான். பிரச்சனை மூச்சுலதான் ஆரம்பிக்குது. மூக்கை மாஸ்க் மூடியிருக்கும், வாயால மட்டும் மூச்சு விடணும், பிறந்ததுல இருந்து அந்தப் பழக்கம் இல்ல. முகத்தைத் தண்ணில வெச்ச உடனே உடம்பு மூச்சைப் புடிச்சுக்கும், இல்லன்னா குட்டிக் குட்டியா வேகமா இழுக்கும், ட்யூப்ல ஒரு சொட்டு தண்ணி வந்தா போதும், மாஸ்க்கைப் பிடுங்கிட்டு கையைக் காலை உதைச்சு ஏணியைத் தேடுவாங்க. இதைக் கடல்ல வெச்சுப் பழகக் கூடாது, முந்தின நாள் சாயங்காலம் ஹோட்டல் பூல்ல பழகுங்க. முதல்ல மாஸ்க் மட்டும் மாட்டிட்டு வெளிய உக்காந்து வாயால மூச்சு விடுங்க. அப்புறம் ட்யூபைக் கடிச்சுட்டு விடுங்க. அது பழகினதும் இடுப்பளவு தண்ணில பூல் ஓரத்தைப் புடிச்சுட்டு முகத்தை மட்டும் வைங்க, பொண்ணு பக்கத்துல நிக்கட்டும், மெதுவா இழுத்து நீளமா விடுங்க. ட்யூப்ல தண்ணி போச்சுன்னா பதறாம "தூ"ன்னு பலமா ஊதினா மேல வழியா வெளிய போயிடும். மாஸ்க்குக்குள்ள தண்ணி வந்தா தலையைத் தூக்கி, மேல் விளிம்பை அமுக்கிப் புடிச்சு மூக்கால ஊதுங்க. அரை மணி நேரம் இதைச் செஞ்சுட்டுப் போறவங்களையும் செய்யாம வர்றவங்களையும் தண்ணில இறங்கின உடனே எனக்கு அடையாளம் தெரிஞ்சுடும்.

லைஃப் ஜாக்கெட் போட்டா உடம்பு நிமிர்ந்து நிக்கப் பார்க்கும், குப்புறப் படுத்தாத்தான் கீழ தெரியும். அதனால கைடுகிட்ட ரிங் போயா (மிதக்கிற வளையம்) கேளுங்க, அதைப் புடிச்சுட்டு நீங்க மிதந்தா அவர் கயிறைப் புடிச்சு இழுத்துட்டுப் போவார், உதைக்கவே வேண்டாம். இதை வெச்சுத்தான் புக் பண்ற முன்னாடி ஏஜென்ட்டை சோதிக்கணும், "கைடு எங்களோட தண்ணில இறங்குவாரா, போட்லயே நிப்பாரா"ன்னு கேளுங்க, மழுப்பினாங்கன்னா வேற ஆளைப் பாருங்க. ஜாக்கெட் சரியான சைஸ்ல இருக்கணும், தோள்பட்டையைப் புடிச்சுத் தூக்கினா காதுக்கு மேல ஏறக் கூடாது.

வீட்டுக்காரர் பிரஷர் கட்டுப்பாட்டுல இருந்தா போலாம், ஆனா கிளம்புற முன்னாடி டாக்டர்கிட்ட ஒரு வார்த்தை கண்டிப்பா கேக்கணும். ஸ்நார்க்கல்ல வேகமா மூச்சு இழுக்கும்போது நுரையீரல்ல நீர் கோக்கிறது ஒண்ணு இருக்கு, ஹவாய்ல ஸ்நார்க்லிங் மரணங்களை ஆராய்ஞ்சப்ப இதைத்தான் முக்கியமா சொன்னாங்க, இதய நோய் இருக்கிறவங்களுக்கு ரிஸ்க் கூட. திடீர்னு மூச்சு வாங்குது, உடம்பு தளருதுன்னு தோணினா "இன்னும் கொஞ்ச தூரம்தானே"ன்னு பார்க்காம அங்கயே ட்யூபைக் கழட்டிட்டு, மல்லாந்து, கையைத் தூக்கி ஆட்டணும். முகம் முழுக்க மூடுற மாஸ்க் வாங்கிட்டு வர்றவங்க இருக்காங்க, நான் வேண்டாம்பேன், அவசரத்துக்கு வாயில இருந்து துப்ப முடியாது.

அவருக்கு மீசை இருக்கான்னு நீங்க எழுதல, இருக்கும்னு வெச்சுக்கிறேன். மீசை மேல மாஸ்க் ஒட்டாது, சொட்டுச் சொட்டா தண்ணி ஏறிட்டே இருக்கும், எடுக்கவும் மாட்டார், அதனால மீசைல வாசலின் தடவச் சொல்லுங்க, ஓரளவு அடைக்கும். உங்களுக்கு கண்ணாடிக்குப் பதிலா பவர் வெச்ச மாஸ்க் கிடைக்கும், முன்னாடியே கேட்டு வைங்க. மாஸ்க் சரியாப் பொருந்துதான்னு பார்க்க ஸ்ட்ராப் போடாம முகத்துல வெச்சு மூக்கால இழுங்க, கையை எடுத்தாலும் விழாம ஒட்டி நிக்கணும். உள்ள ஆவி படியாம இருக்க பேபி ஷாம்பு ஒரு சொட்டு, இல்லன்னா எச்சில்.

சுடிதார், துப்பட்டா, காட்டன் டீ ஷர்ட் எதுவும் வேண்டாம், நனைஞ்சா கனக்கும், ஏணில மாட்டும். லைக்ரா ஃபுல் ஸ்லீவ், லெக்கிங்ஸ், முடிஞ்சது. குப்புற மிதக்கிறதால முதுகும் தொடைப் பின்பக்கமும்தான் வெந்து போகும், துணி மூடினா பாதி சன்ஸ்கிரீன் மிச்சம். 2021ல இருந்து தாய்லாந்து தேசியப் பூங்காக்கள்ல (சிமிலான், ஃபிஃபி எல்லாம் அதுல சேர்ந்ததுதான்) ஆக்ஸிபென்சோன், ஆக்டினாக்சேட் உட்பட நாலு கெமிக்கல் இருக்கிற சன்ஸ்கிரீனுக்குத் தடை, அபராதம் ஒரு லட்சம் பாட் (தாய்லாந்து பணம்) வரைக்கும் போகலாம், அதனால லேபிளைப் படிச்சு ஜிங்க் ஆக்சைடு இருக்கிறதா வாங்குங்க. தண்ணில விரல் சுருங்கும், மோதிரம் நழுவும், ரூம் லாக்கர்ல வெச்சுடுங்க. தாலிச்செயினைக் கழட்ட மனசு வரலன்னா கழுத்து மூடின லைக்ரா சட்டைக்குள்ள (ரேஷ் கார்டுன்னு கேளுங்க) போட்டுக்கோங்க.

தண்ணில இருக்கும்போது மீனை விட போட்டைத்தான் பார்க்கணும், பக்கத்துல வேற ஸ்பீட்போட் வந்து போயிட்டே இருக்கும், கைடு நிக்கிற வட்டத்தை விட்டு விலகாதீங்க, எஞ்சின் நின்னப்புறம்தான் ஏணி கிட்ட வரணும். பவளத்து மேல நிக்காதீங்க, அது உயிரோட இருக்கு, நடுவுல நீள முள்ளோட கடல் முள்ளெலி வேற இருக்கும், குத்துனா உள்ளயே உடைஞ்சுடும். மீனுக்கு பிரெட் போடுறது தப்பு, பூங்காவுக்குள்ள சட்டப்படியும் தப்பு. பின்னாடி எப்பவாவது ஃபிஃபி போனீங்கன்னா குரங்கு பீச்ல போட்ல இருந்தே பாருங்க, கடிச்சா ரேபிஸ் ஊசிக்கு அலையணும்.

பணம். முழுசா கட்டாதீங்க, கொஞ்சம் அட்வான்ஸ் மட்டும். காத்து மழையால போட் கிளம்பலன்னா பணம் திரும்ப வருமா, வேற நாள் மாத்துவாங்களான்னு வாட்ஸ்அப்ல எழுத்துல வாங்கிக்கோங்க, டூர் கம்பெனியோட லைசென்ஸ் நம்பரையும் இன்சூரன்ஸ் இருக்கான்னும் கேளுங்க. பூங்காக் கட்டணம் சேர்ந்ததான்னும் கேக்கணும், வெளிநாட்டு ஆளுக்கு ஃபிஃபிக்கு 400 பாட், சிமிலானுக்கு 500 பாட்னு போட்டிருந்தாங்க, அதை ஜெட்டில தனியா வசூல் பண்றதும் நடக்குது. சைவம்னா புக் பண்ணும்போதே சொல்லிடுங்க, மீன் சாஸ் போடாத காய்கறி கேட்டாத்தான் கிடைக்கும். ட்ரிப்பை கடைசி நாள் வைக்காதீங்க, ரெண்டாவது இல்ல மூணாவது நாள் வெச்சா தள்ளிப் போட இடம் இருக்கும். அங்க ஏதாவது தகராறுன்னா டூரிஸ்ட் போலீஸ் நம்பர் 1155, ஆம்புலன்ஸ் 1669.

பொண்ணுக்கு சிமிலான் ஆசை இருந்தா அவளும் அப்பாவும் தனியா ஒரு நாள் போயிட்டு வரட்டும், அவருக்கு டாக்டர் ஓகே சொல்லி, ராச்சால மூச்சு சரியா வந்துச்சுன்னா மட்டும். நீங்களும் மாமியாரும் அன்னைக்கு புக்கெட் ஓல்ட் டவுன்ல சுத்திட்டு இருங்க.